அடுக்கில் இருக்கும் விலையை எப்படிக் கண்டுபிடிப்பது?

விலை ஒரே அளவு ஏறும் ஒவ்வொரு முறையும் விற்பனை ஒரே சதவீதம் குறைந்தால், அது அடுக்குக்குறித் தேவை. உதாரணமாக, தேவை (விற்கும் எண்ணிக்கை) = 500 × ஈ^(−0.02 × விலை). ஈ என்பது 2.718 என்று தொடங்கும் மாறிலி.

200 பொருள் விற்க என்ன விலை வைக்கலாம்? விலை அடுக்கில், அதாவது ஈ-யின் தலைக்கு மேல் எழுதும் எண்ணில், மாட்டிக்கொண்டிருக்கிறது. கூட்டிக் கழித்து வெளியே எடுக்க முடியாது. ஈ-யை எந்த அடுக்குக்கு உயர்த்தினோம் என்று சொல்வதுதான் இயல் மடக்கை, அதனால் அடுக்கு அப்படியே கீழே இறங்கிவிடும். ஆனால் வரிசை முக்கியம். சாக்ஸுக்கு மேல் ஷூ போட்டவர் ஷூவைத்தான் முதலில் கழற்ற வேண்டும். இங்கே ஷூ அந்த 500. 200-ஐ அதால் வகுத்தால் 0.4. அப்புறம் மடக்கை எடுத்தால் −0.916. அதை −0.02 ஆல் வகுக்க, விலை சுமார் 45.8.

மடக்கை எதிர்க்குறியோடு வந்ததும் கணக்கு தப்பு என்று பலர் நிறுத்திவிடுகிறார்கள். 0-க்கும் 1-க்கும் இடைப்பட்ட எண்ணுக்கு அது அப்படித்தான் வரும், கடைசி வகுத்தலில் இரண்டு எதிர்க்குறியும் நீங்கிவிடும்.