கல்யாணத்தை ரெண்டா பிரிச்சுக்கலாம்

கேள்வி: அக்கா, எனக்கு 28, அவருக்கு 30, ரெண்டு பேரும் கோயம்புத்தூர். வேற வேற ஜாதி, பேசிப் பேசி இப்பதான் ரெண்டு வீட்டுலயும் ஒத்துக்கிட்டாங்க. ஆனா மண்டபம், 800 பேருக்கு சாப்பாடு, நகைன்னு 15 லட்சத்துக்கு மேல போகுது, அப்பா லோன் போடறேங்கறார். எங்களுக்கு அது வேண்டாம். நாங்க சேத்து வெச்சிருக்கற 3 லட்சத்துல வெளிநாட்டு பீச் எதுலயாவது நாங்க ரெண்டு பேர் மட்டும் போய் கல்யாணம் பண்ணிட்டு வரணும்னு ஆசை. இன்ஸ்டால ஒரு பாலி பேக்கேஜ் பாத்தோம், பேப்பர் வேலையெல்லாம் அவங்களே பாத்துக்குவாங்களாம். ஒரு வாரம்தான் லீவு. சரியா வருமா? (பெயர் வேண்டாம், கோவை)

பதில்: நல்லாவே வரும் தங்கச்சி, ஆனா அந்த பேக்கேஜ்காரங்க சொல்ற வழியில இல்ல. சட்டப்படி புருஷன் பொண்டாட்டி ஆகறது ஒரு வேலை, நீங்க ரெண்டு பேரும் மனசுல நெனச்சு வெச்சிருக்கற அந்தக் கடற்கரை நேரம் வேற ஒண்ணு. ரெண்டையும் ஒரே ஊர்ல ஒரே நாள்ல முடிக்கணும்னு பாக்கறதுலதான் செலவும் தலைவலியும் ஏறுது.

இந்தோனேசியாவுல கல்யாணம் சட்டப்படி செல்லணும்னா முதல்ல மத முறைப்படி நடக்கணும், அப்புறம் அரசாங்கத்துல பதிவு பண்ணணும், அதுக்கு நம்ம தூதரகத்துலேர்ந்து கடிதம் அது இதுன்னு போகும். இந்த மாதிரி சின்ன பேக்கேஜ்கள்ல பெரும்பாலும் வெறும் செரிமனிதான் இருக்கும், பூ அலங்காரம், போட்டோ, ஒரு அழகான பேப்பர், அவ்வளவுதான். கேட்டுப் பாருங்க, கையில குடுக்கற சர்டிபிகேட்டை எந்த அரசு ஆபீஸ் குடுக்குதுன்னு. வெளிநாட்டுல இருக்கற இந்தியத் தூதரகத்துலயே கல்யாணம் பண்ணிக்க 1969-ல வந்த சட்டம் ஒண்ணு இருக்கு, ஆனா அதுல உங்கள்ல ஒருத்தராவது நோட்டீஸ் குடுக்கறதுக்கு முன்னாடி அங்க 30 நாள் தங்கியிருக்கணும், நோட்டீஸ் குடுத்தப்புறம் இன்னொரு 30 நாள் காத்திருக்கணும், ஒரு வார லீவுக்கு அது ஆகாது.

நமக்கு நம்ம ஊர்லயே ரொம்ப எளிமையான ஒரு சட்டம் இருக்கு, அதை நெறைய பேர் மறந்துடறாங்க. அண்ணா முதலமைச்சரா இருந்தப்ப 1967-ல இந்து திருமணச் சட்டத்துல தமிழ்நாட்டுக்குன்னு சேத்த 7ஏ பிரிவு, சுயமரியாதைத் திருமணத்துக்கு சட்ட அங்கீகாரம் குடுத்தது அதுதான். அதுல ஐயர் கட்டாயம் இல்ல, அக்னி இல்ல, மண்டபம் இல்ல. சொந்தக்காரங்களோ நண்பர்களோ முன்னாடி ஒருத்தரை ஒருத்தர் துணையா ஏத்துக்கறோம்னு புரியற பாஷைல சொன்னாப் போதும், இல்ல மாலை மாத்திக்கலாம், மோதிரம் போடலாம், தாலி கட்டலாம், இதுல ஏதாவது ஒண்ணு போதும்னுதான் சட்டத்துல இருக்கு. ஊரைக் கூட்டி அறிவிக்கணும்னு அவசியம் இல்லன்னு 2023 ஆகஸ்ட்ல சுப்ரீம் கோர்ட்டும் சொல்லிருச்சு. இது ரெண்டு பேரும் இந்துவா இருந்தா மட்டும்தான், மதம் வேறன்னா 1954 சிறப்புத் திருமணச் சட்டம், அதுக்கு 30 நாள் நோட்டீஸ், மூணு சாட்சி, அதையும் இங்கயே முடிச்சுடலாம்.

அதனால கோயம்புத்தூர்ல உங்க வீட்டு ஹால்லயே ஒரு காலைல, ரெண்டு பேரோட அப்பா அம்மா, கூடப் பொறந்தவங்க, நெருக்கமான நண்பர்கள் ரெண்டு மூணு பேர், மாலை மாத்தி முடிச்சுக்கோங்க. அப்புறம் சார்பதிவாளர் ஆபீஸ்ல 90 நாளைக்குள்ள பதிவு பண்ணிடணும், 2009 சட்டப்படி அது கட்டாயம். நடத்தி வெச்சவங்க கையெழுத்து, கல்யாணப் பத்திரிகைன்னு ஒவ்வொரு ஆபீஸ்ல ஒவ்வொண்ணு கேப்பாங்க, அதனால தேதி வைக்கறதுக்கு முன்னாடியே போய் விசாரிச்சுட்டு வந்துடுங்க.

இப்ப அப்பா. லோன் வாங்கியாவது 800 பேருக்கு சோறு போடணும்ங்கறாரேன்னு உங்களுக்குக் கோவம் வருது, புரியுது. ஆனா நம்ம பக்கம் அது வெறும் கௌரவம் மட்டும் இல்ல, மொய். எத்தனையோ வருஷமா ஊர்ல நடந்த ஒவ்வொரு கல்யாணத்துக்கும் காதுகுத்துக்கும் அவர் போய் மொய் வெச்சுட்டு வந்திருப்பார், அதெல்லாம் ஒரு நோட்டுல இருக்கும், அது திரும்ப வர்ற நாள் உங்க கல்யாணம்தான். நீங்க சத்தமில்லாம பண்ணிட்டு வந்துட்டா அவருக்குப் பணமும் போச்சு, கூப்பிடாம விட்டுட்டாங்கன்னு பேச்சும் வரும். அதுக்கு ஒரு வழி, வீட்டுல கல்யாணம் முடிச்சு, பீச்சுக்கும் போய்ட்டு நீங்க திரும்பி வந்தப்புறம் ஒரே ஒரு வேளை விருந்து அவர் வெச்சுக்கட்டும், மேடை, நகை, கச்சேரி எதுவும் இல்லாம, லோன் இல்லாம அவர் கையில இருக்கறதுக்குள்ள. அந்த நோட்டை அவர் கூட உக்காந்து பாருங்க, பாதிக் கோவம் அங்கயே எறங்கிடும். தாலி கட்டறதை அம்மா கண்ணால பாக்கணும்னா அதை வீட்டுலயே வெச்சுக்கோங்க, மோதிரத்தை கடற்கரைக்கு வெச்சுக்கோங்க. ஏதாவது ஒண்ணு வீட்டுல எல்லார் முன்னாடியும் நடந்துட்டாப் போதும், மத்தது எங்கங்கறதை நீங்களே முடிவு பண்ணலாம், சட்டம் அதுல தலையிடாது.

அப்புறம் அந்த பீச். பாலிக்குப் பதிலா நான் திருகோணமலையைச் சொல்வேன். கொழும்புக்கோ யாழ்ப்பாணத்துக்கோ பறந்துட்டு அங்கேர்ந்து ரோடு வழியா போகணும், பாதி நாள் ஆகும். தமிழ்லயே பேசி ரூம், வண்டி, பூ எல்லாம் ஏற்பாடு பண்ணலாம், இடையில ஏஜென்ட் வேண்டாம், உங்க பட்ஜெட்டுல பெரிய மிச்சம் அதுதான். நிலாவெளி, உப்புவெளி ரெண்டும் கிழக்குக் கடற்கரை, சூரியன் கடல்லேர்ந்து எழும்பும், நம்ம காலை முகூர்த்த நேரத்துக்கு அதை விடப் பொருத்தமான வெளிச்சம் கெடைக்காது. பாறை உச்சில கோணேஸ்வரர் கோயில், சம்பந்தர் பாடின தலம், போற வழில கோட்டைக்குள்ள மான் மேயும். பக்கத்துல புறாமலைத் தீவு, கன்னியா வெந்நீர்க் கிணறு, மூணு நாலு நாள் சுகமா ஓடிடும்.

மாசம் மட்டும் கவனமா பாருங்க. இலங்கைல தெக்கு, மேக்குக் கடற்கரைக்கு டிசம்பர்லேர்ந்து மார்ச் நல்லது, திருகோணமலைப் பக்கம் அதுக்கு நேர் எதிர், மே முதல் செப்டம்பர் வரைக்கும்தான் கடல் அமைதி. அதுல ஆடிக்கு வீட்டுல ஒத்துக்க மாட்டாங்க, அதனால ஆனி இல்ல ஆவணி. பௌர்ணமி அன்னிக்கு அங்க 'போயா'ங்கற பௌத்த விடுமுறை, அரசு ஆபீஸ், பேங்க் எல்லாம் மூடியிருக்கும், கடைகளும் சிலது மூடியிருக்கலாம், அதைத் தள்ளி தேதி வைங்க.

3 லட்சத்தை நான் எப்படிப் பிரிப்பேன்னா, டிக்கெட், விசா, உள்ளூர் வண்டி எல்லாம் சேத்து ஒரு லட்சத்தைத் தாண்ட விடமாட்டேன், ரூம் சாப்பாடுக்கு 80 ஆயிரம், போட்டோகிராபர் ஒரே ஒரு காலைக்கு மட்டும், வீட்டுல நடக்கற நாளுக்கு 50 ஆயிரம், மிச்சம் தொடவே கூடாது. ஹோட்டல்ல வெட்டிங் பேக்கேஜ் எடுக்காதீங்க, ரெண்டு பேருக்கு ரூம், மணல்ல ஒரு காலைச் சாப்பாடு, இவ்வளவு கேட்டாப் போதும், நடக்கறது அதுதானே. கோயில்ல மாலை மாத்தணும்னா கோயில் நிர்வாகத்துகிட்ட முன்னாடியே அனுமதி கேளுங்க. பூ அங்கயே வாங்குங்க, பெரிய நகையெல்லாம் வீட்டுல இருக்கட்டும், திரும்பி வரும்போது கஸ்டம்ஸ்ல அது உங்களோடதுதான்னு நிரூபிச்சுட்டு நிக்க வேண்டாம். விசாவுக்கு இலங்கை அரசாங்க சைட்டை மட்டும் பாருங்க, அதே மாதிரி தோற்றத்துல காசு பிடுங்கற சைட் நெறைய இருக்கு.

இன்னொண்ணு, ஆதார்லயோ பாஸ்போர்ட்லயோ உங்க பேரை இந்தப் பயணம் முடியற வரைக்கும் மாத்தாதீங்க, டிக்கெட்ல இருக்கற பேரும் பாஸ்போர்ட் பேரும் ஒத்துப் போகலைன்னா ஏர்போர்ட்ல நிறுத்திட வாய்ப்பு இருக்கு. பாஸ்போர்ட்ல இலங்கைக்குப் போற நாள்லேர்ந்து ஆறு மாசமாவது பாக்கி இருக்கான்னு இன்னிக்கே எடுத்துப் பாருங்க. சார்பதிவாளர் ஆபீஸ்ல தேதி கெடைச்சு வீட்டுக் கல்யாண நாள் உறுதியான பிறகு டிக்கெட் போடுங்க, அதுவும் தேதி மாத்தற வசதி இருக்கற டிக்கெட்டா பாத்து.