சந்திரலேகா பரதத்தைக் கெடுத்தாரா? – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

என் மகள் ஆறு வருடமாகப் பரதம் கற்கிறாள். சந்திரலேகாவின் நடனப் பதிவு ஒன்றைப் பார்த்துவிட்டு, "நகையும் இல்லை, சாமியும் இல்லை, இதுவும் பரதமா?" என்று வகுப்பில் கேட்டிருக்கிறாள். "அவர் பரதத்தைக் கெடுத்தவர், அதையெல்லாம் பார்க்காதே" என்று பதில் வந்ததாம். அவரைப் பற்றி எனக்கும் ஒன்றும் தெரியாது. மகளிடம் என்ன சொல்வது?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

முதலில் அவருடைய அரங்கேற்றக் கதையைச் சொல்லுங்கள். சந்திரலேகா 1928இல் மகாராஷ்டிரத்தில் வாடா என்ற ஊரில் பிறந்தவர். சட்டப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு மதராசுக்கு வந்து, காஞ்சிபுரம் எல்லப்ப பிள்ளையிடம் ஆட்டம் கற்றார். 1952இல் அரங்கேற்றம். ராயலசீமா வறட்சி நிவாரண நிதிக்காக நடந்தது அது (இன்று ஆந்திரத்தில் உள்ள ராயலசீமா அன்று மதராஸ் ராஜ்யத்தில்தான் இருந்தது). 'மதுரா நகரிலோ' பாட்டுக்கு ஆடுகிறார். யமுனையில் தண்ணீரை வாரி இறைத்து விளையாடும் அபிநயம். ஆடிக்கொண்டிருக்கும்போதே பத்திரிகைகளில் பார்த்த படங்கள் கண்முன் வந்துவிடுகின்றன: பாளம் பாளமாக வெடித்த நிலம், கையில் தகர டப்பாவோடு தண்ணீருக்கு வரிசையில் நிற்கும் ஜனங்கள். அப்படியே உறைந்துபோனதாகப் பின்னாளில் அவரே சொல்லியிருக்கிறார்.

ஜனங்கள் தண்ணீருக்குத் தவிக்கும்போது தண்ணீரை வாரி இறைப்பதாக ஆடுவதா என்ற கேள்வி அவரை விடவே இல்லை. கொஞ்ச காலம் ஆடினார், அப்புறம் மேடையை விட்டு விலகிப் போஸ்டர் வரைந்தார், பெண்கள் இயக்கங்களோடு வேலை செய்தார். 1985இல் 'அங்கிகா'வோடு திரும்பி வந்தபோது பரதத்தின் பக்கத்திலேயே கேரளத்துச் சண்டைக்கலையான களரிப்பயட்டும் யோகமும் இருந்தன. நாயகனுக்காக ஏங்கும் நாயகி இல்லை, கோயில் நகையும் இல்லை. பரதத்தில் மிச்சம் இருந்தது அடவு என்னும் அடிப்படை அசைவுகளும், முட்டி மடக்கி நிற்கும் அரைமண்டியும்தான்.

கெடுத்துவிட்டார் என்பவர்களோடு நான் முரண்படுவது இங்கேதான். அரைமண்டி என்றால் என்னவென்று உங்கள் மகளுக்கு நன்றாகவே தெரியும். முட்டி இரண்டும் பக்கவாட்டில் விரிய வேண்டும், முதுகு நிமிர்ந்திருக்க வேண்டும், இடுப்பு கீழேயே நிற்க வேண்டும். நம் சபா மேடைகளில் இரண்டாவது ஜதி (தாளச் சொற்கட்டுக்கு ஆடும் பகுதி) வருவதற்குள் எத்தனை பேருக்கு இடுப்பு மெல்ல மேலே ஏறிவிடுகிறது! வேகமும் சலங்கைச் சத்தமும் முகத்துச் சிரிப்பும் அதை மறைத்துவிடும். சந்திரலேகாவின் ஆட்டக்காரர்களுக்கு அப்படி மறைத்துக்கொள்ள எதுவுமில்லை, சாதாரணச் சேலைதான், அதோடு அசைவு அத்தனை மெதுவாக நடப்பதால் உட்கார்ந்த இடத்திலிருந்து முழங்கால் ஒரு விரற்கடை ஏறினாலும் பார்ப்பவர் கண்ணில் படும். 2001இல் வந்த 'சரீரா'வில் திஷானி தோஷியும் களரி பயின்ற ஷாஜி ஜானும் ஆட, குண்டேச்சா சகோதரர்கள் துருபத் என்னும் இந்துஸ்தானி இசை பாடினார்கள். அதில் ஒரு கால் எழும்பும் நேரத்தில் வழக்கமான கச்சேரியில் ஒரு ஜதியே முடிந்திருக்கும். பதிவில் பார்க்கும்போதே என் தொடை இறுகிப்போனது. பரதத்தை வேண்டாம் என்று ஒதுக்கியவர் அரைமண்டியை இவ்வளவு கறாராகக் கேட்டிருப்பாரா, சொல்லுங்கள்.

அவருடைய எல்லாப் படைப்புகளும் எனக்குப் பிடிக்கும் என்று சொல்லமாட்டேன். சிலவற்றில் அந்த நிதானம் என்னை வெளியே நிறுத்திவிடுகிறது. ஆனால் 'லீலாவதி' என்றால் எனக்கு உயிர். பாஸ்கராச்சாரியரின் கணித நூலை எடுத்து 1989இல் நடனமாக்கினார். கணக்கில் என்ன ஆட்டம் என்று உங்கள் மகள் கேட்டால் அந்த நூலில் வரும் இந்தக் கணக்கைக் கொடுங்கள். ஒரு வண்டுக் கூட்டத்தில் பாதியின் வர்க்கமூலம் மல்லிகைக்குப் பறந்தது, மொத்தத்தில் ஒன்பதில் எட்டுப் பங்கு பின்னால் போனது, இரவில் தாமரைக்குள் மாட்டிக்கொண்ட ஒரு வண்டுக்காக அதன் பெண் வண்டு வெளியே ரீங்கரிக்கிறது, மொத்தம் எத்தனை? 72.

அவருக்கு வாரிசு உண்டா என்று அடுத்து யாராவது கேட்பார்கள். பாடத்திட்டம், பட்டயம் எதையும் அவர் விட்டுப்போகவில்லை. 2006 டிசம்பர் 30இல் காலமானார். பெசன்ட் நகர் கடற்கரையில் அவர் வாழ்ந்த இடம் 'ஸ்பேசஸ்' என்ற பெயரில் கலைகளுக்கானதாக இருக்கிறது. அவர் குழுவில் பத்து வருடம் போல ஆடிய பத்மினி செட்டூர் இன்று அவர் சாயலே இல்லாமல் தன் வழியில் நடனம் அமைக்கிறார். சந்திரலேகாவுக்கு அதுதான் பிடித்திருக்கும் என்று நினைக்கிறேன்.

வகுப்பில் வாக்குவாதம் வேண்டாம். ஒரு சாயங்காலம் வீட்டில் பாதம் தட்டி ஆடும் தட்டடவை, முதல் காலத்தைவிட (வகுப்பில் ஆடும் மெதுவான வேகத்தைவிட) இன்னும் நாலு மடங்கு மெதுவாக, பாட்டு இல்லாமல், சலங்கை இல்லாமல் அவளை ஆடச் சொல்லுங்கள். நீங்கள் எதிரில் தரையில் உட்கார்ந்து அவள் முழங்காலை மட்டும் பாருங்கள். அப்புறம் அந்தப் பதிவை இருவருமாக இன்னொரு முறை போட்டுப் பாருங்கள்.