பேரின் பாட்டு, மரீயின் குரல்

அன்புள்ள சார்,

வணக்கம். போன மாதம் ஸ்வீடன் நாட்டு பாப் இசை பற்றி எழுதியிருந்தீர்கள். அதில் ராக்செட் என்ற இருவர் குழுவுக்குக் கிடைத்தது ஒரே ஒரு வரி. "எல்லாப் பாட்டையும் எழுதியவர் பேர் யெஸ்லே, மரீ ஃப்ரெட்ரிக்சன் பாடிக் கொடுத்தார்." அந்தப் 'பாடிக் கொடுத்தார்' எனக்குச் சுருக்கென்று தைத்தது.

கல்லூரி ஹாஸ்டலில் என் அறைத் தோழனிடம் 'ஜாய்ரைட்' கேசட் இருந்தது. 'ஸ்பெண்டிங் மை டைம்' பாட்டைத் திரும்பத் திரும்பப் போட்டு, அந்த இடத்தில் மட்டும் நாடா தேய்ந்து கரகரக்கும். எங்களுக்கு ராக்செட் என்றால் அந்தப் பெண் குரல்தான். கூட நின்ற ஆளின் பெயரே எனக்கு ரொம்ப நாள் தெரியாது. 2019இல் மரீ இறந்த செய்தி வந்தபோது அந்தத் தோழனைப் பத்து வருடம் கழித்துப் போனில் கூப்பிட்டேன்.

இப்போது பேர் வேறொரு பாடகியோடு அதே பெயரில் மேடை ஏறுகிறார். இது சரியா? பாட்டு எழுதியவருக்கே எல்லாம் சொந்தம் என்றால், பாடியவர் யார்?

கே., திருப்பூர்

*

அன்புள்ள கே.,

அவசரத்தில் எழுதிய வரி என்று சொல்லித் தப்பிக்கலாம். ஆனால் நான் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். நம் ஊர்ப் பழக்கம் அது. ராஜா பாட்டு, ரகுமான் பாட்டு என்று இசையமைப்பாளர் பேரில்தான் பாட்டை அடையாளம் சொல்கிறோம். யார் பாடியது என்பது அடுத்த கேள்வி. அந்தப் பழக்கத்தோடு ராக்செட்டிடம் போனால் பேர் மட்டும்தான் கண்ணில் படுவார். (பேர் என்பதே அவர் பேர். 'கெஸ்லே' என்று எழுத்துக் கூட்டிப் படிக்கத் தோன்றும், ஸ்வீடன்காரர்கள் 'யெஸ்லே' என்கிறார்கள்.)

உங்கள் கடிதம் வந்த பிறகு ஒரு வாரம் அவர்களுடைய ஆல்பங்களை முதலிலிருந்து வரிசையாகக் கேட்டேன். பாதி ஒப்புக்கொள்கிறேன். மீதிப் பாதிக்கு உங்களோடு சண்டை இருக்கிறது.

முதலில் ஒப்புக்கொள்வது. இருவரும் ராக்செட்டாகச் சேர்ந்த 1986இல் யார் எந்த நிலையில் இருந்தார்கள் என்று பாருங்கள். பேர், ஸ்வீடனின் மேற்குக் கடற்கரையில் உள்ள ஹால்ம்ஸ்டாட் ஊர்க்காரர். எண்பதுகளின் தொடக்கத்தில் 'யில்லெனெ தீடர்' என்ற குழுவில் ஸ்வீடிஷ் மொழியில் பாடி நாடு முழுக்கப் பிரபலமாக இருந்தார். 'பொற்காலம்' என்று அந்தப் பெயருக்கு அர்த்தம், ஆனால் காலம் சீக்கிரமே தீர்ந்தது. 1984இல் ஆங்கிலத்தில் ஒரு ஆல்பம் போட்டுப் பார்த்தார்கள். அதன் சுருக்கப் பதிப்பு அமெரிக்காவில் வெளியானபோது குழுவுக்கு வைத்த பெயர்தான் ராக்செட். டாக்டர் ஃபீல்குட் என்ற பிரிட்டிஷ் குழுவின் பாட்டுத் தலைப்பு அது. யாரும் சீந்தவில்லை. மறுவருடம் குழு கலைந்தது. பேர் தனியாகப் போட்ட ஆல்பமும் விற்கவில்லை. இருபத்தாறு வயதில் 'முன்னாள் நட்சத்திரம்'.

மரீ அப்போது ஏறுமுகத்தில் இருந்தார். தென் ஸ்வீடனில் ஒரு சின்ன ஊரில் வளர்ந்த தபால்காரர் மகள், ஹால்ம்ஸ்டாட்டுக்கு வந்து சிறு குழுக்களில் பாடி, 1984இல் தனி ஆல்பம் போட்டு, ஸ்வீடிஷ் பாடகியாகப் பெயர் எடுத்துக்கொண்டிருந்தவர். பேர் எழுதி வைத்திருந்த ஒரு ஸ்வீடிஷ் பாட்டை ஆங்கிலமாக்கி இரண்டு பேரும் சேர்ந்து பாடுங்கள் என்று யோசனை சொன்னவர் ஸ்வீடன் இஎம்ஐ இசைத்தட்டு நிறுவனத்தின் தலைவர். இந்த விஷப்பரீட்சை உனக்கு எதற்கு என்று மரீயைச் சுற்றியிருந்தவர்கள் தடுத்துப் பார்த்தார்கள். பேருக்கு இழக்க எதுவும் இல்லை. மரீக்கு இருந்தது. இருந்தும் வந்தார்.

இன்னொன்று. 1984இன் அந்த ஆங்கில ஆல்பத்திலேயே மரீ இருக்கிறார், பின்னால் நின்று குரல் கொடுப்பவராக. அதே எழுத்தாளர், அதே ஆங்கில ஆசை, அமெரிக்காவில் அதே பெயர்கூட. நான்கு வருடம் கழித்து வந்த 'லுக் ஷார்ப்!' ஆல்பத்தில் முக்கியமாக மாறியது, பின்னால் நின்ற குரல் முன்னால் வந்ததுதான். ஒலியை அமைத்த தயாரிப்பாளர் கிளாரன்ஸ் ஓஃப்வெர்மனின் பங்கையும் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் இன்னொரு கடிதம் வரும்.

'எல்லாப் பாட்டையும் எழுதியவர்' என்றதும் தப்பு. சில ராக்செட் பாட்டுகளுக்கு மரீயே மெட்டுப் போட்டிருக்கிறார். ஸ்வீடிஷ் தனி ஆல்பங்களிலோ சொந்தமாக நிறைய எழுதியவர் அவர்.

சரி, இப்போது சண்டைக்கு வருவோம். ராக்செட் என்றாலே பெண் குரல் என்கிறீர்கள். அவர்களை உலகத்துக்குக் காட்டிய முதல் பாட்டு 'தி லுக்'. அதைப் பாடுவது யார்? பேர்! மரீ அங்கங்கே வந்து தூக்கிக் கொடுப்பார், அவ்வளவுதான். பேர் புதிதாக வாங்கிய சிந்தசைசரைப் பழகிக்கொண்டிருந்தபோது போட்ட மெட்டு அது. சரியான வரிகள் பிறகு எழுதிக்கொள்ளலாம் என்று வாய்க்கு வந்ததை இட்டு நிரப்பினார். அந்தப் 'பிறகு' வரவே இல்லை. அர்த்தமில்லாத வரிகளோடேயே பாட்டு வெளியானது.

அமெரிக்க இஎம்ஐ, இது நம் ஊருக்கு எடுபடாது என்று ஒதுக்கிவிட்டது. ஸ்வீடனில் படித்துவிட்டு ஊர் திரும்பிய ஓர் அமெரிக்க மாணவர் ஆல்பத்தைக் கையோடு கொண்டுபோய் மினியாபொலிஸ் நகரத்து கேடிடபிள்யூபி வானொலியில் கொடுத்தார். நிலையத்தில் அதைக் கேட்காமல் வைத்திருந்தார்கள். அவர் திருப்பி வாங்கப் போனபோதுதான் போட்டுக் கேட்டார்கள். ஒலிபரப்பியதும் நேயர்கள் போன் செய்ய ஆரம்பித்தார்கள், பிறகு கேசட்டில் மற்ற ஊர் வானொலிகளுக்கும் போயிற்று. கம்பெனி கையெழுத்துப் போடுவதற்கு முன்பே பாட்டு அமெரிக்காவுக்குள் நுழைந்துவிட்டது. 1989 ஏப்ரல் 8 அன்று, அமெரிக்காவில் பாட்டுகளைத் தரவரிசைப்படுத்தும் பில்போர்ட் பட்டியலில் முதலிடம்.

அதன் பிறகு அதே பட்டியலில் இன்னும் மூன்று முதலிடங்கள்: 1989 நவம்பரில் 'லிசன் டு யுவர் ஹார்ட்', 1990 ஜூனில் 'இட் மஸ்ட் ஹேவ் பீன் லவ்', 1991 மே மாதத்தில் 'ஜாய்ரைட்'. ஸ்வீடனின் புகழ்பெற்ற பாப் குழுவான ஆபாவுக்கு அமெரிக்காவில் கிடைத்த முதலிடம் ஒன்றே ஒன்று என்பதை நினைவில் வைத்துக்கொண்டு பாருங்கள். இந்த நான்கில் 'ஜாய்ரைட்'டும் பேர் முன்னின்று பாடியது. நடுவில் உள்ள இரண்டுதான் மரீயுடையவை. ஆக இரண்டுக்கு இரண்டு, சமம்! உங்கள் தோழனின் கேசட்டில் முதல் பாட்டே கூடநின்ற ஆள் பாடியதுதான்.

அப்படியிருந்தும் மரீயின் குரல் மட்டும் ஏன் தங்கியது? இந்தக் கேள்வியில்தான் ஒரு வாரம் போயிற்று. பேர் பாடினால், ஒருவர் தான் எழுதியதை உற்சாகமாக நமக்குச் சொல்லிக் காட்டுகிற மாதிரி இருக்கும். கேட்கச் சுகமாக இருக்கும், விசிலடிக்கலாம். 'ஜாய்ரைட்' பல்லவியின் முதல் வரியே, காதலி பியானோ மேல் விட்டுப்போயிருந்த 'ஏ கிறுக்கா, உன்னைக் காதலிக்கிறேன்' என்ற துண்டுச் சீட்டிலிருந்து வந்ததாம். அந்தத் துண்டுச் சீட்டு விளையாட்டுதான் அவருடைய இயல்பு.

ஆனால் 'லிசன் டு யுவர் ஹார்ட்' வேறு. அதுவும் ஒரு விதத்தில் நகல்தான். அந்தக் காலத்து அமெரிக்க எஃப்எம் வானொலிகளில் ஓடிய பிரம்மாண்டமான மெதுபாட்டு மாதிரி ஒன்றைச் செய்து பார்ப்போம் என்று பேரும் அவருடைய பழைய குழுத் தோழர் மாட்ஸ் பெர்ஷோனும் சேர்ந்து எழுதியது. வரிகளைத் தனியாகப் படித்தால் 'மனசு சொல்வதைக் கேள்' என்ற அறிவுரை, பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரர்கூடச் சொல்வார். மரீ அதைக் கிட்டத்தட்ட பேச்சுக் குரலில் தொடங்குகிறார். கிட்டார் தனியாக வாசித்து முடித்ததும் சுருதி மேலே ஏறும். அங்கே பாடகர்கள் பொதுவாகக் குரலைக் காட்ட ஆரம்பிப்பார்கள். மரீ அந்த இடத்தில் பதற்றப்படுகிறார். எதிரில் இருப்பவள் அறிவுரையைக் கேட்கப் போவதில்லை என்று தெரிந்துவிட்ட பதற்றம். அது காகிதத்தில் இல்லை. பேர் எழுதிய சின்னச் சின்ன ஆங்கில வார்த்தைகளுக்கு நடந்த கதை ஒன்று இருப்பதாக நம்ப வைத்தது அந்தக் குரல்.

'இட் மஸ்ட் ஹேவ் பீன் லவ்' கதை இன்னும் நல்ல சாட்சி. அது முதலில் கிறிஸ்துமஸ் பாட்டு. ஜெர்மனி இஎம்ஐக்காரர்கள் கேட்டதால் எழுதி, 1987 டிசம்பரில் ஸ்வீடனில் மட்டும் வெளியிட்டார்கள். பிறகு ஹாலிவுட்டிலிருந்து 'ப்ரெட்டி உமன்' படத்துக்கு ஒரு பாட்டு வேண்டும் என்று கேட்டார்கள். அப்போது ராக்செட் ஊர் ஊராக அலைந்துகொண்டிருந்தது, புதிதாக எழுத நேரமில்லை. பேர் பழைய கிறிஸ்துமஸ் பாட்டைத் தூசி தட்டிக் கொடுத்தார். கிறிஸ்துமஸ் நாள் என்று வரும் ஒரே ஒரு இடத்தை 'குளிர்கால நாள்' என்று மாற்றி மரீ மறுபடி பாடினார், இசையில் கொஞ்சம் மெருகேற்றினார்கள், அவ்வளவுதான். 1990இல் அது உலகம் சுற்றியது. இரண்டு வடிவத்தையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். பண்டிகை போனது தெரியவே தெரியாது. மரீ முதல் தடவையே பண்டிகையைப் பாடவில்லை, பிரிவைத்தான் பாடியிருந்தார்.

அப்புறம் இறக்கம். அதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். உங்கள் கேசட் தேய்ந்துபோன 'ஸ்பெண்டிங் மை டைம்' பாட்டில்தான் அமெரிக்கா அவர்களைக் கைவிட்டது. அங்கே கம்பெனிகள் ஒன்றோடொன்று இணைந்து ஆட்கள் மாறிய நேரம், விளம்பரம் செய்ய நாதியில்லை. பாட்டு 32ஆம் இடத்தோடு நின்றது. அதே பருவத்தில் நிர்வானா என்ற ராக் குழு வந்து அமெரிக்க வானொலியின் ருசியையே மாற்றிவிட்டது. ராக்செட் மற்ற நாடுகளில் தொடர்ந்து ஓடியது. 1995இல் பெய்ஜிங்கில் கச்சேரி செய்தார்கள், மறுவருடம் மெதுபாட்டுகளை ஸ்பானிஷ் மொழியில் பாடி ஒரு ஆல்பம் போட்டார்கள்.

2002 செப்டம்பர் 11. மரீ காலையில் ஓடிவிட்டு வந்து வீட்டுக் குளியலறையில் மயங்கி விழுந்தார். பரிசோதனையில் மூளைக் கட்டி. அறுவை சிகிச்சை, கதிர்வீச்சு. பிழைத்தார், ஆனால் வலது கண் பார்வை போயிற்று, படிப்பதும் எண்ணுவதும் கைவிட்டுப் போயின. கரித்துண்டு எடுத்து ஓவியம் வரைய ஆரம்பித்தார். 2004இல் வந்த 'தி சேஞ்ச்' ஆல்பத்தின் அட்டையில் இருப்பது அவரே வரைந்த அவர் முகம். அழகான படம் என்று சொல்ல மாட்டேன், பார்த்தால் கண்ணை எடுக்க முடியாது.

அந்த வருடங்களில் பேர் என்ன செய்தார் என்பதில்தான் உங்கள் இரண்டாவது கேள்விக்கான பதிலில் பாதி இருக்கிறது. ஸ்வீடிஷ் மொழியில் தனி ஆல்பங்கள் போட்டார். 2004இல் யில்லெனெ தீடரை மறுபடி கூட்டி நாடு முழுக்கச் சுற்றினார். ராக்செட் பெயரை மட்டும் வேறு யாரோடும் மேடை ஏற்றவில்லை. 2006இல் இருபதாம் ஆண்டுக்காக மரீ வந்து இரண்டு புதுப் பாட்டு பாடினார், பிறகு மறுபடி அமைதி. 2009 மே மாதம் ஆம்ஸ்டர்டாமில் பேரின் தனிக் கச்சேரிக்கு வந்த மரீ மேடை ஏறிப் பாடினார். அங்கிருந்து 'சார்ம் ஸ்கூல்' ஆல்பம், உலகச் சுற்றுப்பயணம், எல்லாமே மறுபடி.

அந்தக் கடைசி வருடங்களின் பதிவுகளைப் பார்த்திருப்பீர்கள். மரீ நாற்காலியில் உட்கார்ந்து பாடுகிறார். கால் ஒத்துழைக்கவில்லை. பழைய வீச்சு குரலில் இல்லை, சில இடங்களில் கூட்டம்தான் பாட்டை எடுத்துக்கொண்டு போகிறது. பேர் மேடையில் குதித்துக்கொண்டே, நாலு நிமிடத்துக்கு ஒரு தடவை அந்த நாற்காலியைத் திரும்பிப் பார்க்கிறார். எழுதியவர் பாடியவரிடம் எப்படி இருந்தார் என்பதற்கு எனக்கு அந்தப் பார்வை போதும். 2016 பிப்ரவரியில் கேப் டவுனில் கடைசிக் கச்சேரி. இனிப் பயணம் கூடாது என்றார்கள் மருத்துவர்கள். 2019 டிசம்பர் 9 அன்று, நோய் தெரிந்து பதினேழு வருடம் கழித்து, மரீ இறந்தபோது அவருக்கு வயது 61.

மரீ போன பிறகு பேர் 2022இல் 'பிஜி ராக்செட்' என்று தன் முதலெழுத்துகளை ஒட்டிக்கொண்டு ஒரு ஆல்பம் போட்டார். அந்தக் கூச்சம் எனக்குப் பிடித்திருந்தது. 2025இல் முதலெழுத்துகள் போய்விட்டன. ராக்செட் என்ற பெயரிலேயே லீனா ஃபிலிப்சனோடு தென்னாப்பிரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் மேடை ஏறினார். லீனா நல்ல பாடகி, ஸ்வீடனில் எண்பதுகளிலிருந்தே பெரிய நட்சத்திரம். பாடுவதில் எனக்கு ஒரு ஆட்சேபமும் இல்லை. தன் பாட்டைத் தானே பாட ஒருவர் யாரிடம் அனுமதி கேட்க வேண்டும்? பெயர்தான் உறுத்துகிறது. அந்த இரண்டு எழுத்தைக் கழற்றாமலே இருந்திருக்கலாம்.

நம் ஊருக்கு வந்தால் டிக்கெட் வாங்குவீர்களா என்று கேட்பீர்கள். வாங்குவேன். 'தி லுக்' கேட்பேன், 'ஜாய்ரைட்'டுக்கு விசிலடிப்பேன். 'லிசன் டு யுவர் ஹார்ட்' ஆரம்பித்தால் டீ குடிக்க வெளியே வந்துவிடுவேன் என்று நினைக்கிறேன்.

பழைய கட்டுரையில் அந்த வரியைத் திருத்திவிட்டேன். 'கொடுத்தார்' போய், 'பாடினார்' என்று இருக்கிறது. 'எல்லாப் பாட்டையும்' என்பது 'பெரும்பாலான பாட்டுகளை' என்று ஆகியிருக்கிறது. தோழனை இன்னொரு தடவை போனில் கூப்பிட்டால் அந்தக் கேசட் அவரிடம் இன்னும் இருக்கிறதா என்று கேட்டு எழுதுங்கள்.