ஹார்ட்-பிட்டன்: கடித்தவரா, கடிபட்டவரா?

கேள்வி: மும்பை செம்பூரில் இருக்கிறோம். என் மகளுக்கு 26 வயது. சரக்குப் போக்குவரத்து நிறுவனம் ஒன்றில் நான்கு வருஷமாக வேலை பார்க்கிறாள். நவா சேவா துறைமுகத்தில் கன்டெய்னர்களை விடுவிப்பதும், கப்பல் கம்பெனிகளிடம் டெமரேஜ், டிடென்ஷன் என்கிற தாமதக் கட்டணங்களைப் பேசிக் குறைப்பதும் அவள் பொறுப்பு. வெளிநாட்டில் எம்.பி.ஏ. படிக்க விண்ணப்பிக்கிறாள். அவளுடைய மேலாளர் சிபாரிசுக் கடிதம் எழுதி, அனுப்புவதற்கு முன்னால் பார்க்கக் கொடுத்தார். அதில் 'ஷீ இஸ் எ ஹார்ட்-பிட்டன் நெகோஷியேட்டர்' என்று ஒரு வரி. நெகோஷியேட்டர் என்றால் பேரம் பேசுகிறவர், அது புரிகிறது. ஹார்ட்-பிட்டனுக்கு அகராதியில் 'கடுமையான, இளகாத' என்று போட்டிருக்கிறது. அவள் அம்மாவோ, 'பிட்டன்னா கடிபட்டதுதானே? வாழ்க்கையில அடி வாங்கினவன்னு எழுதியிருக்காரா?' என்று கவலைப்படுகிறாள். இது பாராட்டா, குறையா? அப்படியே அனுப்பலாமா?

பதில்:

மேலாளர் பாராட்டத்தான் எழுதியிருக்கிறார், அதில் சந்தேகம் வேண்டாம். ஆனால் அந்தச் சொல்லை அப்படியே அனுப்ப வேண்டாம். மாற்றித் தரும்படி அவரிடமே கேட்கலாம். எப்படிக் கேட்பது என்பதைப் பிறகு சொல்கிறேன். அதற்கு முன்னால் உங்கள் மனைவியின் கேள்விக்கு வருகிறேன். இந்தச் சொல்லின் முடிச்சு முழுவதும் அந்தக் கேள்வியில்தான் இருக்கிறது.

'பிட்டன்' என்றால் கடிபட்டது என்றுதான் பள்ளிக்கூடத்தில் படித்தோம். ப்ரோக்கன் கிளாஸ் என்றால் உடைக்கப்பட்ட கண்ணாடி, ரிட்டன் லெட்டர் என்றால் எழுதப்பட்ட கடிதம். அந்தக் கணக்கில் ஹார்ட்-பிட்டன் என்றால் பலமாகக் கடிபட்டவர் என்று ஆக வேண்டும். ஆனால் இந்தச் சொல் பிறந்த இடத்தில் பொருள் நேர் எதிர். பலமாகக் கடிக்கிறவர் என்பதே மூலப் பொருள். 18ஆம் நூற்றாண்டிலேயே ஆங்கிலத்தில் புழங்கிய சொல் இது. கடித்தால் விடாத, சண்டையில் பின்வாங்காத நாயைக் குறிக்கும் வழக்கிலிருந்து வந்தது. அந்தக் காலத்து இங்கிலாந்தில் காளைகளின்மேல் நாய்களை ஏவிவிடுவது பெரிய கேளிக்கை. 1835இல் சட்டம் போட்டுத்தான் அதைத் தடை செய்தார்கள். காளை எவ்வளவு உதறினாலும் பல்லை எடுக்காத நாய் எப்படி இருக்கும் என்று அன்றைய மக்களுக்குக் கண்கூடாகத் தெரியும். நம்மிடம் அதே குணத்துக்கு 'உடும்புப்பிடி' இருக்கிறது.

கடிக்கிறவரை 'கடிபட்ட' வடிவத்தில் எப்படிச் சொல்ல முடியும் என்று தோன்றும். ஆங்கிலம் மட்டுமே பேசுகிறவர்களுக்கு இதை விளக்குவது சற்றுச் சிரமம். தமிழருக்கு ஒரு நிமிஷம் போதும். 'கடித்த நாய்' என்கிறோம், 'கடித்த கரும்பு' என்கிறோம். சொல் ஒன்றுதான். நாய் கடித்தது, கரும்பு கடிபட்டது. 'படித்த பெண்', 'படித்த புத்தகம்' என்பதும் அப்படியே. நம் பெயரெச்சம் செய்தவரையும் காட்டும், செயப்பட்டதையும் காட்டும். எது என்பதைப் பின்னால் வரும் பெயர் சொல்லிவிடும்.

இது நம் இலக்கணத்துக்கு மிகப் பழைய சங்கதி. தொல்காப்பியம் சொல்லதிகாரத்தில் 'தடுமாறு தொழிற்பெயர்' என்று ஒன்று வரும். அதற்கு உரையாசிரியர்கள் காட்டும் உதாரணம் 'புலிகொல் யானை'. புலியைக் கொன்ற யானையா, புலியால் கொல்லப்பட்ட யானையா? இரண்டுக்கும் இடம் கொடுக்கிற தொடர். யானை பிளிறிக்கொண்டு ஓடியது என்று வாக்கியம் போனால் ஒரு பொருள், மேலே கழுகுகள் வட்டமிட்டன என்று போனால் இன்னொரு பொருள். ஹார்ட்-பிட்டன் என்பதும் இப்படித் தடுமாறுகிற ஒரு சொல்தான். இதைச் சொல்லும்போதெல்லாம் எனக்கு ஒரு மகிழ்ச்சி வரும். இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்தைய பாட்டன் ஒருவர், மும்பையில் வந்த ஆங்கிலக் கடிதத்துக்கு விளக்கம் சொல்ல நமக்குத் துணை நிற்கிறார்.

ஆங்கிலத்திலும் இது தனிமரம் இல்லை. 'வெல்-ரெட்' என்றால் நன்றாகப் படிக்கப்பட்டவர் என்றா பொருள்? நிறையப் படித்தவர். 'சாஃப்ட்-ஸ்போக்கன்' என்றால் மென்மையாகப் பேசுகிறவர். 'வெல்-டிராவல்ட்' என்றால் ஊர் பல சுற்றியவர். 'வெல்-பிஹேவ்ட்' குழந்தை என்றால் நன்றாக நடந்துகொள்கிற குழந்தை. வடிவம் செயப்பாட்டு வினை மாதிரி இருக்கும், பொருள் செய்வினையாக இருக்கும்.

அப்படியானால் ஃபிராஸ்ட்-பிட்டன், ஃபிளீ-பிட்டன் எல்லாம்? அங்கே முன்னால் நிற்பது ஒரு பெயர்ச்சொல். ஃபிராஸ்ட் என்றால் உறைபனி, ஃபிளீ என்றால் தெள்ளுப்பூச்சி. கடித்தது யார் என்று அந்தப் பெயரே சொல்லிவிடுகிறது, ஆகவே மிச்சம் இருப்பவர் கடிபட்டவர். உறைபனி கடித்த விரல், தெள்ளு கடித்த போர்வை. அந்துப்பூச்சி அரித்த துணிக்கு 'மாத்-ஈட்டன்' என்பதும் இதே வகை. 'ஹார்ட்' பெயர்ச்சொல் இல்லை. எப்படிக் கடித்தார் என்பதைத்தான் சொல்கிறது. புதிதாக ஒரு கூட்டுச்சொல்லைப் பார்த்தால் முதல் பாதியை இப்படி ஒருமுறை சோதித்துப் பாருங்கள், பெரும்பாலும் கை கொடுக்கும்.

சரி, வரலாறு அது. இன்றைக்கு என்ன பொருள் என்பதுதான் உங்கள் மகளுக்கு முக்கியம்.

நாய் மறைந்து மனிதர் வந்த பிறகு, சொல்லின் மேல் இன்னொரு படிவு சேர்ந்துவிட்டது. இன்றைய ஆங்கில வாசகரின் மனதில் ஹார்ட்-பிட்டன் என்றதும் தோன்றுகிற முகம், வருஷக்கணக்காகக் கசப்பான அனுபவங்களைப் பார்த்து இறுகிப்போன முகம். அந்த வகையில் உங்கள் மனைவி நினைத்ததும் முழுத் தவறு இல்லை. 'வாழ்க்கை கடித்துக் கடித்து இப்படி ஆகிவிட்டவர்' என்றே பல ஆங்கிலேயர்களும் இன்று அதைக் கேட்கிறார்கள். மஸ்ஜித் பந்தர் பக்கம் மூட்டை சுமக்கும் மாத்தாடித் தொழிலாளி ஒருவரின் தோளையும் உள்ளங்கையையும் நினைத்துப் பாருங்கள். தோல் காய்ப்பு ஏறியிருக்கும். அந்தக் காய்ப்பு அவரைக் காப்பாற்றுகிறது, அதே நேரம் அந்த இடத்தில் உணர்ச்சியும் குறைந்துவிடுகிறது. மனதுக்கு ஏறிய அப்படி ஒரு காய்ப்பைத்தான் இந்தச் சொல் காட்டுகிறது. உரமும் உண்டு, மரத்துப்போனதும் உண்டு. ஒன்றை விட்டு ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ள முடியாது.

ஆகவே இது யாருக்குப் பொருந்தும்? வயதான குற்றப் பிரிவு நிருபர், போர்முனை பார்த்த ராணுவ வீரர், பிணவறைக்குப் போய்ப் பழகிய போலீஸ் அதிகாரி, வறண்ட நிலத்தோடு மல்லுக்கட்டிய விவசாயி, கடலோடி. நீண்ட வருஷங்கள் இந்தச் சொல்லுக்குள் அடங்கியிருக்கின்றன. 26 வயதுப் பெண்ணுக்கு எழுதும்போது படிக்கிறவர் ஒரு நொடி நின்று, இந்த வயதுக்குள் இவளுக்கு என்ன நேர்ந்தது என்று யோசிப்பார். சிபாரிசுக் கடிதத்தில் அந்த ஒரு நொடி நமக்கு வேண்டாதது.

நல்ல ஆங்கிலத்தில் இந்தச் சொல் அடிக்கடி வருகிற ஓர் இடத்தைக் கவனித்தால் பொருள் இன்னும் தெளியும். 'ஈவன் தி மோஸ்ட் ஹார்ட்-பிட்டன்...' என்று தொடங்கி, அப்படிப்பட்டவர்கூடக் கண் கலங்கினார் என்று வாக்கியம் முடியும். நான் இங்கே ஒரு ஆங்கில நாளிதழில் பல வருஷம் உதவி ஆசிரியராக இருந்தவன். எங்களிடம் மூத்த நிருபர் ஒருவர் இருந்தார். 1993 மார்ச் 12 தொடர் குண்டுவெடிப்பு நாளில் தெருத்தெருவாக நடந்து செய்தி சேகரித்தவர். எதற்கும் முகம் மாறாது. 2005 ஜூலை 26, சான்டாகுரூஸில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் மழை கொட்டியதே, அன்று இரவு குர்லாவிலிருந்து இடுப்பளவு தண்ணீரில் நடந்து மறுநாள் காலை அலுவலகம் வந்தார். வழியில் பார்த்ததைச் சொல்லத் தொடங்கினார். சொல்ல முடியவில்லை. மேஜையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். அந்த மனிதரை ஹார்ட்-பிட்டன் என்று எழுதினால் எனக்குச் சம்மதம். இறுகிப்போனவர், அன்றைக்கு இளகினார். இளகுவது செய்தியாக வேண்டுமானால் அதற்கு முன்னால் அத்தனை இறுக்கம் இருந்திருக்க வேண்டும். சொல்லின் முழு எடையும் அதுதான்.

உங்கள் மகளின் மேலாளர் மனதில் இவ்வளவும் இருந்திருக்காது. அவர் தேடிய சொல் 'ஹார்ட்-நோஸ்ட்' என்று நினைக்கிறேன். நெகோஷியேட்டர் என்பதோடு ஆங்கிலத்தில் வழக்கமாகச் சேர்ந்து வருவது அதுதான். பேரத்தில் உணர்ச்சிக்கு இடம் கொடுக்காமல் நடைமுறை லாப நஷ்டம் பார்க்கிறவர் என்று பொருள். ஹார்ட் என்று தொடங்கும் சொற்கள் ஒரு பெரிய குடும்பம், ஒன்றின் இடத்தில் இன்னொன்று வந்து உட்கார்ந்துவிடும். 'ஹார்ட்-ஹெடட்' என்றால் தெளிந்த புத்தி, கற்பனையில் மிதக்காதவர். சிலர் அதைப் பிடிவாதத்துக்கும் சொல்வதுண்டு. 'ஹார்ட்-ஹார்ட்டட்' கல்நெஞ்சம், முழு வசை. 'ஹார்ட்-பாய்ல்ட்' வேகவைத்த முட்டையிலிருந்து வந்தது, அமெரிக்கத் துப்பறியும் கதை நாயகர்களோடு ஒட்டிக்கொண்டது. 'ஹார்ட்-ஹிட்டிங்' என்பதை நம்மூரில் ஆட்களுக்கும் சேர்த்துச் சொல்கிறார்கள். அது பேச்சுக்கும் கட்டுரைக்கும் அறிக்கைக்கும்தான் அதிகம் பொருந்தும்.

என் யோசனையைக் கேட்டால் ஹார்ட்-நோஸ்ட் கூட வேண்டாம். சேர்க்கைக் குழுவில் இருப்பவருக்கு உங்கள் மகளைத் தெரியாது, மேலாளரின் குரலும் தெரியாது. காகிதத்தில் இருக்கும் சொல்தான் அவள். 'டஃப் பட் ஃபேர்' என்று எழுதினால் உறுதியும் தெரியும், நியாயமும் தெரியும். அதைவிட நல்லது, அடைமொழியைச் சுருக்கிவிட்டு ஒரு சம்பவத்தை எழுதச் சொல்வது. எந்தக் கப்பல் கம்பெனியோடு எத்தனை நாள் பேசினாள், டிடென்ஷன் பில் எவ்வளவிலிருந்து எவ்வளவுக்கு இறங்கியது, அதற்குப் பிறகும் அந்தக் கம்பெனி ஏன் அவளோடு தொழில் செய்ய விரும்பியது. இந்த மூன்று வரி வந்துவிட்டால் எந்த அடைமொழியும் இல்லாமலே அவள் திறமை தெரிந்துவிடும்.

கேட்கும் விதம் பற்றிச் சொன்னேன் இல்லையா, உங்கள் மகளே நேரில் போய்க் கேட்பதுதான் சரி. அப்பா போன் செய்ய வேண்டாம். 'சார், நீங்கள் என்ன சொல்ல வந்தீர்கள் என்று எனக்குப் புரிகிறது, ரொம்ப சந்தோஷம். அங்கே படிக்கிறவர்கள் இந்தச் சொல்லைக் கசந்துபோனவள் என்று எடுத்துக்கொள்வார்களோ என்று தோன்றுகிறது. இந்த வரியில் அந்த டிடென்ஷன் விஷயத்தை எழுத முடியுமா?' என்று கேட்டால் எந்த மேலாளரும் முகம் சுளிக்க மாட்டார். நல்ல மனதோடு எழுதியவர், இன்னும் நன்றாக எழுதவே பார்ப்பார். ஒன்றில் மட்டும் கவனமாக இருக்கட்டும். திருத்திய வரியை அவளே எழுதிக் கொடுக்கக் கூடாது. கடிதம் மேலாளருடையது, சொல்லும் அவருடையதாக இருக்க வேண்டும்.

அப்புறம், அம்மாவுக்குத் தமிழில் எப்படிச் சொல்வது? 'பழம் தின்று கொட்டை போட்டவர்' என்று சிலர் மொழிபெயர்ப்பார்கள். அதில் அனுபவம் இருக்கிறது, கூடவே ஒரு தந்திரமும் எட்டிப் பார்க்கிறது, ஆகவே பொருந்தாது. 'அடிபட்டு இறுகியவர்' என்பது எனக்குப் பிடித்தது. 'சூடு கண்ட பூனை' வேண்டவே வேண்டாம். ஒருமுறை பட்டுப் பயந்து ஒதுங்குகிறவரைச் சொல்வது அது. ஹார்ட்-பிட்டன் ஆள் பயந்து ஒதுங்குகிறவர் இல்லை.

எழுதும்போது நடுவில் சிறு கோடு உண்டு. பெயருக்கு முன்னால் வந்தாலும் வாக்கியத்தின் கடைசியில் வந்தாலும் கோடு இருக்கட்டும். கோடு இல்லாமல் சேர்த்து எழுதுவதையும் சில இடங்களில் பார்க்கலாம், பிழையில்லை. உச்சரிக்கும்போது தனியாக வந்தால் 'பிட்' என்ற இடத்தில் அழுத்தம் விழும். பின்னால் ரிப்போர்ட்டர் மாதிரி ஒரு பெயர் வந்தால் அழுத்தம் முன்னால் 'ஹார்ட்' பக்கம் நகர்ந்துவிடும்.

ஒருவேளை இந்தப் பதில் வருவதற்குள் மேலாளர் கடிதத்தை அனுப்பியிருந்தால் கலங்க வேண்டாம். உங்கள் மகள் தன் விண்ணப்பக் கட்டுரையில் ஒரு பத்தியை அதற்காக ஒதுக்கலாம். நாசிக் திராட்சை ரீஃபர் என்கிற குளிர்பதனக் கன்டெய்னரில் மாட்டிக்கொண்டு, சின்ன ஏற்றுமதியாளர் ஒருவர் தவித்து நின்ற நாள் ஏதாவது அவளுக்கு நினைவிருக்கும். அன்றைக்கு அவருக்காக அவள் யாரிடம் போய் நின்றாள், எத்தனை மணிக்கு வீடு திரும்பினாள் என்று எழுதட்டும். கடிதத்தில் இருக்கும் சொல்லைப் பற்றி ஒரு வார்த்தையும் எழுத வேண்டாம்.