ஓடுபாதைத் தளமும் மென்பொருளும்: கேள்வி பதில்

நம் கொங்கு வட்டாரப் பொறியாளர் குழுவில் இந்த ஞாயிறு என் முறை. விமான நிலையத் தளங்களை நடந்து பார்த்து, பழுதுகளை அளந்து கணினியில் ஏற்றுவதுதான் பல வருடங்களாக என் தொழில். வந்த கேள்விகளுக்கு வந்த வரிசையிலேயே பதில் சொல்கிறேன்.

பீளமேடு: மொட்டை மாடியில் நின்றால் கோவை ஓடுபாதை தெரியுதுங்க. நல்லாத்தான் இருக்கு. இதுக்கு எதுக்குங்க மென்பொருள்?

மாடியிலிருந்து பார்த்தால் கருப்பு நிறம்தான் தெரியும். நீளம் 3 கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு, அகலம் 45 மீட்டர். சுமார் 450 சதுர மீட்டருக்கு ஒரு கட்டம் என்று பிரித்தால் 300 கட்டம் வரும். அதில் மாதிரிக்கு எடுத்த ஒவ்வொரு கட்டத்திலும் என்ன பழுது, எவ்வளவு கடுமை, எத்தனை மீட்டர் என்று குறிக்க வேண்டும். 100-இல் தொடங்கிப் பழுதுக்கு ஏற்பக் கழித்துக்கொண்டே வந்தால் மிஞ்சுவதுதான் பி.சி.ஐ. என்ற தள நிலை மதிப்பெண். இந்தக் கணக்கை மென்பொருள் நொடியில் போட்டுவிடும். ஆனால் எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது அதன் ஞாபகம். எந்த வருடம் எந்த அடுக்கு போட்டார்கள், எப்போது விரிசலை அடைத்தார்கள், போன ஆய்வில் என்ன மதிப்பெண் என்பதெல்லாம் அதில் இருக்கும். பொறியாளர் மாற்றலாகிப் போய்விடுவார், பைலும் காணாமல் போகும். தளம் அங்கேயேதான் கிடக்கும்.

ஈரோடு, கல்லூரி மாணவி: ப்ராஜெக்ட்டுக்கு எந்த மென்பொருள் சார்? இலவசமாகக் கிடைக்குமா?

அமெரிக்க ராணுவப் பொறியாளர் படை 1970-களில் உருவாக்கத் தொடங்கிய பேவர்தான் இதில் மூத்தது. அந்நாட்டு விமானத்துறையான எஃப்.ஏ.ஏ. இணையத்திலேயே இயங்கும் பேவ்ஏரை எல்லோருக்கும் இலவசமாகத் திறந்து வைத்தது. அம்மணி, முதலில் ஒரே ஒரு கட்டத்தைக் கையால் கணக்குப் போட்டுப் பாருங்கள். விமான நிலையத்துக்கான அளவுகோல், ஏ.எஸ்.டி.எம். என்ற தரநிலை அமைப்பின் டி 5340. சாலைக்கானது டி 6433. சாலைக்கானதை எடுத்து ஓடுபாதைக்குக் கணக்குப் போட்ட ப்ராஜெக்ட்டுகளைப் பார்த்திருக்கிறேன். அதைச் செய்துவிடாதீர்கள்.

சேலம்: கமலாபுரத்தில் சின்ன விமானம்தானே வருகிறது? அங்கேயும் இது வேணுமா?

வேணும். எடையால் மட்டும் தளம் கெடுவதில்லை. வெயிலிலும் மழையிலும் தார் காய்ந்து இறுகினால் கட்டம் கட்டமாக விரிசல் விடும், ஜல்லி பெயரும். 1993-இல் திறந்த அந்த நிலையம் பல வருடங்கள் பயணிகள் விமானமே இல்லாமல் இருந்தது. ஆள் குடியில்லாத வீடும் ஒழுகத்தானே செய்கிறது?

திருப்பூர், ஒப்பந்ததாரர்: நாங்கள் ஆய்வு செய்த ஓடுபாதைக்கு 77 வந்ததுங்க. திருப்தி என்றுதானே அர்த்தம்?

ஓடுபாதை முழுவதையும் ஒரே பகுதியாகப் போட்டீர்களா? நான் ஓயாமல் சொல்வது இதைத்தான்: சராசரியை நம்பாதீர்கள். சக்கரம் ஓடுவது பெரும்பாலும் நடுவில் 15 மீட்டரில். ஓரங்களில் 30 மீட்டர் சும்மா கிடக்கும். ஓரம் 88, நடு 55 என்றால் பரப்பளவுக் கணக்கில் சராசரி சரியாக 77 வரும். 77 என்பது திருப்தி, 55 என்பது மோசம். விமானம் இறங்குவது அந்த 55 மேல்.

திருப்பூர்: அப்போ மோசமானதைத்தானே முதலில் எடுக்கணும்? நல்லா இருக்கிறதை முதலில் காப்பாத்துங்க என்று போன மாதம் எழுதினீர்களே?

இரண்டுமே சரிதான். ஆனால் இரண்டுக்கும் தனித்தனிப் பணம் வேண்டும். கல் பெயர்ந்து கிடந்தால் இன்றைக்கே பெருக்கி ஒட்டுப்போட வேண்டும். இன்ஜினுக்குள் கல் போகிற விஷயத்தில் மதிப்பெண் பேச்சே கிடையாது. பெரிய தொகையைப் பங்கிடும்போது கணக்கு வேறு. எஃப்.ஏ.ஏ. கையேட்டில், தளம் வருடம் போகப் போக எப்படிக் கெடுகிறது என்று காட்டும் ஒரு வளைவு உண்டு. ஆயுளில் முக்கால்வாசி போகும்வரை தரம் 40 சதவீதம் குறையும். அதற்கடுத்த 12 சதவீதக் காலத்திலேயே இன்னொரு 40 போய்விடும். அந்தச் சரிவுக்கு முன்னால் ஒரு ரூபாயில் முடிகிற வேலைக்கு, சரிந்தபின் நாலைந்து ரூபாய் ஆகும்.

பொள்ளாச்சி: ஒப்பந்ததாரர் சொல்வதுதான் நியாயம். கெட்டதை விட்டுவிட்டு நல்லதற்குச் செலவு செய்தால் ஆடிட்டில் கேட்பார்களே?

கேட்கட்டும், வளைவைக் காட்டுங்கள். மதிப்பெண் 20-க்கு இறங்கிவிட்ட ஏப்ரனை, அதாவது விமானம் நிற்கும் தளத்தை, இன்னும் இரண்டு வருடம் தள்ளிப்போட்டாலும் அதைப் பெயர்த்துப் போடும் செலவு பெரிதாக ஏறாது. 72-இல் நிற்கும் டாக்சிவேயை, அதாவது ஓடுபாதைக்குப் போய்வரும் பாதையை, அதே இரண்டு வருடம் விட்டால், விரிசல் அடைப்பதோடு முடியவேண்டிய வேலை மேலடுக்கு போடுகிற வேலையாகிவிடும். கெட்டதை மட்டுமே துரத்தினால் வருடாவருடம் கெட்டது கூடிக்கொண்டே போகும்.

திருப்பூர்: ஆனால் என் 55 ஓடுபாதையின் நடுவிலல்லவா இருக்கிறது? ஏப்ரன் மாதிரி ஓரமாக மூடி வைக்க முடியாதுங்களே?

இது நல்ல கேள்வி. ஒரே ஓடுபாதை உள்ள ஊரில் அதற்குத்தான் முன்னுரிமை, வளைவு என்ன சொன்னாலும். மென்பொருளில் ஒவ்வொரு பகுதிக்கும் முக்கியத்துவ எடை கொடுக்க இடம் இருக்கிறது. அதை நிரப்பாமல் விட்டால் வண்டி நிறுத்துமிடமும் ஓடுபாதையும் கணினிக்கு ஒன்றுதான். இதில் நீங்கள் சொல்வதை ஒப்புக்கொள்கிறேன்.

கரூர்: மென்பொருள் இலவசமா சார்?

ஈரோட்டுக்குச் சொன்ன பதிலைப் பாருங்கள்.

சூலூர்: பி.சி.ஐ. 90 இருந்தால் பெரிய விமானம் இறங்கலாமா?

அப்படிச் சொல்லவே முடியாது. பி.சி.ஐ. மேற்பரப்பின் நிலையை மட்டுமே சொல்லும். தளம் எவ்வளவு எடை தாங்கும் என்பதைச் சொல்வது பி.சி.ஆர். என்ற வேறொரு எண். 2024 நவம்பரிலிருந்து பழைய பி.சி.என்.-க்குப் பதிலாக வந்திருக்கிறது.

கோபி: டிரோன் படமே விரிசலைக் காட்டுகிறது. எதற்கு நடக்கணும்?

விரிசலைக் காட்டும். கல் கையோடு வருகிறதா என்று காட்டாது. படத்தையும் எடுங்கள், நடக்கவும் செய்யுங்கள்.

நாமக்கல்: இலவச மென்பொருள் எது?

மேலே இருக்கிறது. இனி இந்தக் கேள்விக்குப் பதில் எழுத மாட்டேன்.

பல்லடம்: கரிசல் மண்ணில் என் காம்பவுண்ட் சுவர் வெடிக்கிறது.

நம் குழுவிலேயே மண் பரிசோதனை செய்கிறவர்கள் இருக்கிறார்கள், அவர்களிடம் கேளுங்கள்.

உடுமலை: ஆய்வுக்கு எந்த நேரம் நல்லது?

ஐப்பசி மழை விட்ட மறுநாள் காலை. தளம் காய்ந்திருக்கும், விரிசலுக்குள் மட்டும் ஈரம் நிற்கும். முடி போன்ற விரிசல்கூடக் கருப்புக் கோடாகத் தெரியும். ஆனால் அன்றைக்குப் பார்த்த கணக்கை உலர்ந்த நாளில் எடுத்த பழைய கணக்கோடு ஒப்பிட்டு, ஒரே வருடத்தில் தளம் சரிந்துவிட்டது என்று எழுதிவிடாதீர்கள்.

திருப்பூர்: மறுபடியும் பகுதி பிரித்துக் கணக்குப் போட்டு அனுப்பட்டுங்களா?

அனுப்புங்கள். நடு 15 மீட்டரைத் தனியாகவும், சக்கரம் முதலில் தரைதொடும் இடங்களை அதிலிருந்து இன்னும் தனியாகவும்.