லாகூரிலிருந்து வந்த மகள்: வாசகர் கேள்வி பதில்

போன இதழில் ஸ்ரீதேவி பற்றிய கேள்வி ஒன்றுக்குப் பதில் எழுதும்போது, ‘மாம்’ படத்தில் அவருக்கு மகளாக நடித்த பெண் பாகிஸ்தான் தொலைக்காட்சியின் முக்கியமான நடிகை என்று ஒரே ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த வரியைப் பிடித்துக்கொண்டு இத்தனை பேர் எழுதுவீர்கள் என்று நினைக்கவில்லை. அதனால் இந்த வாரம் முழுக்க சஜல் அலிதான். எனக்கு மிகவும் பிடித்த நடிகை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

கேள்வி: யார் இந்த சஜல் அலி? சினிமாக் குடும்பமா? (வாசகி, கும்பகோணம்)

இல்லை. 1994 ஜனவரி 17, லாகூரில் பிறந்தவர். 2009-ல் ஜியோ டிவியின் ‘நாதானியான்’ என்ற நகைச்சுவைத் தொடரில் சின்ன வேடத்தில் தலைகாட்டியபோது வயது பதினைந்து. நம் வீடுகளில் பத்தாம் வகுப்புப் பரீட்சைக்குப் பிள்ளைகளை விடியற்காலையில் எழுப்பி உட்கார வைக்கிற வயது அது. 2011-ல் ஏஆர்ஒய் டிஜிட்டலில் வந்த ‘மெஹ்மூதாபாத் கி மல்காயேன்’ அவரை எல்லோருக்கும் தெரிந்த முகமாக்கியது. மெஹ்மூதாபாத் என்பது கராச்சியில் ஒரு பகுதி. ஒரு காலத்தில் பாகிஸ்தான் சினிமாவுக்கு லாகூர்தான் தலைநகரம். தனியார் சேனல்கள் வந்த பிறகு டிவி வேலையெல்லாம் பெரும்பாலும் கராச்சிப் பக்கம் போய்விட்டது. தங்கை சபூர் அலியும் நடிகைதான். அக்கா தங்கை இருவருமே அந்த ஊர் சின்னத்திரையில் தங்களுக்கென்று ஓர் இடம் பிடித்தவர்கள்.

கேள்வி: அழகான நடிகைகள் எத்தனையோ பேர் இருக்கிறார்கள். இவரிடம் மட்டும் அப்படி என்ன விசேஷம் சார்? (வாசகர், திண்டுக்கல்)

‘சுப் ரஹோ’ என்று 2014-ல் ஒரு தொடர். ‘பேசாமல் இரு’ என்று அர்த்தம். அக்காள் புருஷனால் கெடுக்கப்பட்ட ஒரு பெண், அதை வெளியே சொன்னால் அக்காவின் வாழ்க்கை போய்விடும், குடும்ப மானம் போய்விடும் என்று வீட்டிலேயே வாயடைக்கப்படுகிறாள். அந்த ராமீன் வேடத்தில் நடித்தபோது சஜலுக்கு இருபது வயது. தொடரின் பெயரே பேசாதே என்பதால் அந்தப் பெண்ணுக்குப் பெரிதாக வசனம் பேச வாய்ப்பில்லை. அந்த ஆள் அறைக்குள் வரும்போது தோள் லேசாக உள்ளே ஒடுங்கும், கை துப்பட்டா நுனியைப் பிடிக்கும், பார்வை கதவுக்குப் போகும், அவ்வளவுதான். பின்னணியில் இடி இடிக்காது, முகத்தை மூன்று முறை திருப்பித் திருப்பிக் காட்டமாட்டார்கள். பார்க்கிற நமக்கு வயிறு கலங்கும்.

அழுகையைப் பற்றியும் சொல்ல வேண்டும். பாகிஸ்தான் தொடர்களில் அழாத நாயகி கிடையாது. ஆனால் சஜல் அழும்போது கண்ணீர் வருவதற்கு முன்னால், அதை வரவிடாமல் தடுக்கப் பார்க்கிற ஒரு கணம் இருக்கும். மூக்கு சிவக்கும், உதடு இறுகும், குரல் உடையாமல் இருக்கப் படாதபாடு படும். நிஜத்தில் மனிதர்கள் அப்படித்தானே அழுகிறோம்? யாரும் அழ வேண்டும் என்று அழுவதில்லை, அடக்க முடியாமல் போகும்போது அழுகிறோம். அதைத் தெரிந்து வைத்திருக்கிறார் இந்தப் பெண்.

கேள்வி: ‘மாம்’ படத்துக்கு இவர் எப்படி வந்தார்? ஸ்ரீதேவியோடு நிஜமாகவே நெருக்கமா? (வாசகி, சிவகாசி)

சிவகாசியிலிருந்து இந்தக் கேள்வி வந்தது மனதைத் தொட்டது. உங்கள் ஊர்ப் பக்கத்து மீனம்பட்டியில் பிறந்த பெண்ணின் 300-வது படம் ‘மாம்’. அதுவே அவருடைய முக்கியமான கடைசிப் படமாகவும் ஆகிவிட்டது. ரவி உத்யாவர் இயக்கினார், இசை ஏ.ஆர். ரஹ்மான், 2017 ஜூலை 7-ல் வெளியானது. தமிழிலும் வந்தது.

கதையில் ஸ்ரீதேவி உயிரியல் ஆசிரியை, அவர் பாடம் நடத்துகிற வகுப்பிலேயே படிக்கிறாள் கணவரின் முதல் தாரத்து மகள் ஆர்யா. அவள் சித்தியை அம்மா என்று கூப்பிடமாட்டாள். வீட்டிலும் ‘மேம்’தான். ஒரு பார்ட்டிக்குப் போன இடத்தில் அந்தப் பெண்ணைச் சீரழித்துவிடுகிறார்கள், நீதிமன்றம் குற்றவாளிகளை விட்டுவிடுகிறது, அதன் பிறகு அந்தச் சித்தி என்ன செய்கிறாள் என்பது படம். ஆர்யாவாக சஜல், அப்பாவாக இன்னொரு பாகிஸ்தான் நடிகர் அத்னான் சித்திக்கி. கடைசியில் அந்த ‘மேம்’ என்பது ‘மாம்’ ஆகிற இடத்துக்காகத்தான் முழுப் படமும் ஓடுகிறது. ஐம்பது வருட அனுபவம் உள்ள ஸ்ரீதேவி எதிரே நிற்க, அந்த ஒரு சொல்லை மிகையில்லாமல் சொல்ல வேண்டும் என்றால் எவ்வளவு தைரியம் வேண்டும்! சஜல் சொல்லிவிட்டார். படத்தைப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

ஆனால் நடந்தது என்ன தெரியுமா? 2016 செப்டம்பரில் காஷ்மீரின் உரி ராணுவ முகாம் மீது தாக்குதல். அதன் பிறகு பாகிஸ்தான் கலைஞர்களுக்கு இந்தி சினிமாவில் கதவு சாத்தப்பட்டது. படம் வெளிவந்தபோது, படத்தின் மகளும் அப்பாவும் விளம்பர நிகழ்ச்சிகளில் இல்லை. அவர்கள் இருவரையும் நினைத்து ஸ்ரீதேவி பொதுவில் கலங்கிப் பேசினார். அதே 2017-ல்தான் சஜல் தன்னைப் பெற்ற தாயைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்தார். அடுத்த வருடம் பிப்ரவரி 24, துபாயில் ஸ்ரீதேவியும் போய்விட்டார். மறுபடியும் அம்மாவை இழந்துவிட்டேன் என்று சஜல் எழுதினார். ‘மாம்’ படத்துக்காக ஸ்ரீதேவிக்குத் தேசிய விருது கிடைத்தபோது வாங்கிக்கொள்ள அவர் இல்லை.

சிவகாசிப் பக்கத்து அம்மாவும் லாகூர் மகளும். எனக்கு இதை எழுதும்போதே தொண்டை அடைக்கிறது.

கேள்வி: கணவரை ஏன் பிரிந்தார்? (பெயர் ஊர் இல்லை)

அஹத் ரஸா மீர் என்ற நடிகரை 2020 மார்ச்சில் அபுதாபியில் திருமணம் செய்தார், 2022-ல் பிரிந்தார்கள். இருவரும் ஒருவரை ஒருவர் தூற்றிக்கொள்ளவில்லை. அந்த மரியாதையை நாமும் கொடுப்போம்.

கேள்வி: நம் சீரியல்கள் ஆயிரம் எபிசோடு ஓடுகின்றன. பாகிஸ்தான் தொடர்கள் மட்டும் சீக்கிரம் முடிந்துவிடுகிறதே, எப்படி? (வாசகி, சேலம்)

நல்ல கேள்வி. 2014-ல் ‘ஜிந்தகி’ என்று ஒரு சேனல் இந்தியாவில் ஆரம்பித்து பாகிஸ்தான் தொடர்களைப் போட்டார்கள், ஞாபகம் இருக்கிறதா? நான் அப்போதுதான் முதலில் பார்த்தேன். எனக்கும் இதே ஆச்சரியம்தான். ஒரு கதை, இருபத்தைந்து முப்பது வாரம், முடிந்தது.

அங்கே வழக்கம் இதுதான். வாரத்துக்கு ஒரு எபிசோடு, இரவு எட்டு மணி. விளம்பரம் போக நாற்பது நிமிடத்துக்கு அந்தப் பக்கம் இந்தப் பக்கம். (தினசரி தொடரும் உண்டு, ஆனால் பேர் வாங்குவது வாரத் தொடர்தான்.) அங்கே எழுத்தாளர்தான் முதல் ஆள், பெரும்பாலும் ஒருவரே முழுக் கதையையும் எழுதுகிறார். உருது மாதப் பத்திரிகைகளில் தொடர்கதை எழுதிய பெண்கள் பலர் அப்படியே டிவிக்கு வந்தார்கள். உமேரா அஹ்மத், ஃபர்ஹத் இஷ்தியாக் போன்றவர்கள் பெயருக்கே ஒரு கூட்டம் பார்க்கும். நமக்கு லட்சுமி, சிவசங்கரி தொடர்கதைகளுக்கு வாரப் பத்திரிகை எப்போது வரும் என்று காத்திருந்த காலம் இருந்ததே, அந்தக் காலம் அப்படியே டிவிக்குள் போய் உட்கார்ந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இதில் நடிகைக்குக் கிடைக்கிற லாபம் பெரிது. சஜல் ஒரு பெண்ணாக ஆறு ஏழு மாதம் வாழ்ந்துவிட்டு, அவளை விட்டு வெளியே வந்து, அடுத்து வேறொரு பெண்ணாக ஆகலாம். ஒரே மருமகளாக ஐந்து வருடம் அழுதுகொண்டிருக்கத் தேவையில்லை. 2017-ல் ‘யகீன் கா சஃபர்’ தொடரில் அப்பாவின் அடி உதையில் அம்மாவைப் பறிகொடுத்து, தன்னாலும் தவறு நேர்ந்துவிட்டது என்ற குற்ற உணர்ச்சியோடு மருத்துவராகிற ஸூபியா. 2018-ல் ‘ஆங்கன்’, கதீஜா மஸ்தூரின் பிரிவினைக் கால நாவல், அதில் துடுக்குப் பெண் சம்மி. 2019-ல் ‘அலிஃப்’ தொடரில் தம்பியின் சிறுநீரக வைத்தியச் செலவுக்காகத் துண்டு துக்கடா வேடங்களுக்கு அலைகிற நடிகை மோமினா. மூன்று பேரையும் அடுத்தடுத்துப் பாருங்கள், நடை வேறு, குரலின் கனம் வேறு, துப்பட்டா போடுகிற விதம் கூட வேறு.

அங்கேயும் குறை இல்லாமல் இல்லை. ஒரு தொடரை எத்தனை தடவை மறுஒளிபரப்பு செய்தாலும் நடிகர்களுக்கு அதில் பங்கு கிடையாது. பேசின சம்பளமே இழுத்தடித்துத்தான் வருகிறது என்று அங்கே மூத்த கலைஞர்களே வெளிப்படையாகப் புலம்புகிறார்கள்.

கேள்வி: அங்கே கட்டிப்பிடிக்கிற காட்சிக்குக் கூடத் தடையாமே? (வாசகர், வேலூர்)

ஆமாம். ‘பெம்ரா’ என்பது அங்குள்ள ஒளிபரப்புக் கண்காணிப்பு அமைப்பு. 2021 அக்டோபரில் கட்டிப்பிடிப்பது, கொஞ்சுவது போன்ற காட்சிகளைக் காட்டாதீர்கள் என்று சேனல்களுக்கு உத்தரவு போட்டார்கள், கணவன் மனைவி வேடத்தில் இருந்தாலும் சரி. எனக்கு இது கொஞ்சமும் பிடிக்கவில்லை. பெண்ணை அறைகிற காட்சி சாதாரணமாக ஓடுகிறது, ஆறுதலாக அணைப்பதற்குத்தான் தடை என்றால் என்ன நியாயம்?

கேள்வி: இவர் நடித்த ‘குல்-ஏ-ரானா’ பார்த்தேன். கட்டாயப்படுத்திக் கல்யாணம் செய்கிறவனைக் கடைசியில் நல்லவனாக்கிவிடுகிறார்கள். இதையும் ரசிக்கச் சொல்கிறீர்களா? (கல்லூரி மாணவி, மதுரை)

ரசிக்கச் சொல்லமாட்டேன் அம்மா. 2015-ல் தொடங்கிய அந்தத் தொடர் அவருக்குப் பெரிய வெற்றி, உண்மை. ஆனால் உங்கள் கோபம் நியாயமானது. பாகிஸ்தான் தொடர்களில் திரும்பத் திரும்ப வருகிற நோய் அது. துரத்துகிறவன், மிரட்டுகிறவன், கை ஓங்குகிறவன் எல்லோரும் அழகாக இருந்தால் போதும், இருபதாவது வாரத்தில் திருந்திவிடுவார்கள், அவளும் மன்னித்துவிடுவாள். அங்கேயே இதை எதிர்த்து நிறையப் பேர் எழுதினார்கள். ரானா தலை நிமிர்ந்து எதிர்த்து நிற்கிற ஆரம்பக் காட்சிகளில் சஜல் பிரமாதம், அந்த நிமிர்வைக் கதைதான் காப்பாற்றவில்லை.

பிற்பாடு அவர் தேர்ந்தெடுத்தவற்றையும் பார்க்கச் சொல்கிறேன். 2023-ல் ‘குச் அன்கஹீ’. வீடு விற்றுக் கொடுக்கிற தரகு வேலை பார்த்துக் குடும்பத்தைத் தாங்குகிற ஆலியா. மாடியில் வந்து உட்கார்ந்துகொண்டு வீட்டில் எனக்கும் பங்கு இருக்கிறது என்கிற அத்தை. முதலில் நமக்கு அந்த அத்தை மேல் எரிச்சல்தான் வரும். கொஞ்சம் யோசித்தால், பிறந்த வீட்டுச் சொத்தில் தங்கைக்குச் சேர வேண்டியதைத்தானே அவர் கேட்கிறார்? 2024-ல் ‘ஸர்த் பத்தோன் கா பன்’. ஃபைஸ் அஹ்மத் ஃபைஸ் கவிதையிலிருந்து எடுத்த தலைப்பு. டாக்டருக்குப் படிக்கத் துடிக்கிற கிராமத்துப் பெண் மீனு, அவளைச் சுற்றி அடுத்தடுத்துப் பிள்ளை பெற்றே ஓய்ந்துபோகிற பெண்கள். குடும்பக் கட்டுப்பாடு பற்றிய தொடர் அது, அதுவும் இரவு முக்கிய நேரத்தில்! நீங்கள் கேட்ட கேள்வியை அவரும் எங்கோ தனக்குள் கேட்டிருப்பார் என்றே நினைக்கிறேன்.

கேள்வி: இவர் நடித்த ராணுவத் தொடர் ஒன்றில் இலங்கைப் பெண்ணும் வருகிறாராமே? (வாசகர், யாழ்ப்பாணம்)

‘சின்ஃப்-ஏ-ஆஹன்’, 2021 கடைசியில் தொடங்கியது. காகூல் ராணுவ அகாடமியில் பயிற்சிக்குச் சேர்கிற பெண்கள் கதை. பஷ்தூன் வீட்டுப் பெண், பலூச்சிப் பெண், கிறிஸ்தவப் பெண் என்று ஒவ்வொரு பக்கத்திலிருந்தும் ஒருத்தி, அவர்களோடு இலங்கையிலிருந்து வரும் பயிற்சி வீராங்கனையாக யெஹாலி தாஷியா காளிதாச என்ற இலங்கை நடிகை. சஜல் அதில் ராபியா. ராணுவத்தின் ஒத்துழைப்போடு எடுத்த தொடர், அதனால் ராணுவத்தைப் பெருமையாகத்தான் காட்டுவார்கள், அதைத் தெரிந்துகொண்டே பாருங்கள். அந்தப் பெண்களுக்குள் வளர்கிற நட்புதான் எனக்குப் பிடித்தது.

கேள்வி: எனக்கு உருது ஒரு வார்த்தை தெரியாது. பார்த்தால் புரியுமா? (வாசகி, ஈப்போ)

ஒரு வார்த்தை தெரியாது என்கிறீர்கள், ஆனால் வக்கீல், ஜாமீன், வசூல், பாக்கி, ராஜினாமா, அசல், நகல் எல்லாம் தெரியும்தானே? அதெல்லாம் அந்தப் பக்கத்திலிருந்து நம்மிடம் வந்து சேர்ந்த வார்த்தைகள்தான். கோர்ட்டுக் காட்சி, சொத்துத் தகராறுக் காட்சி வந்தால் பாதி காதில் விழுந்துவிடும். மிச்சத்துக்கு ஆங்கில சப்டைட்டில் பல தொடர்களுக்கு இருக்கிறது. பத்து நாள் பார்த்தால் போதும், ‘அம்மி’ என்றால் அம்மா, ‘அப்பு’ அல்லது ‘அப்பா’ என்றால் அப்பா, ‘ஃபுப்போ’ என்றால் அத்தை என்று தன்னால் பழகிவிடும்.

கேள்வி: எங்கே, எதிலிருந்து தொடங்குவது? (பலர்)

எங்கே என்பதுதான் வருத்தமான பதில். 2025 ஏப்ரல் பஹல்காம் படுகொலைக்குப் பிறகு இந்தியாவில் பாகிஸ்தான் பொழுதுபோக்குச் சேனல்களின் யூடியூப் பக்கங்கள், நடிகர் நடிகையர் பலரின் இன்ஸ்டாகிராம் கணக்குகள் எல்லாம் முடக்கப்பட்டன, ஓடிடி தளங்களிலும் பாகிஸ்தான் தொடர்கள் வேண்டாம் என்று அரசு சொல்லிவிட்டது. பஹல்காமில் உயிர் போனவர்களின் குடும்பங்களை நினைத்தால் நான் இங்கே சீரியலுக்காக வாதாடப் போவதில்லை. இலங்கை, மலேசியா, சிங்கப்பூர் வாசகர்கள் பார்க்கலாம். சரி, அவர்களுக்காகச் சொல்கிறேன். முதலில் ‘குச் அன்கஹீ’, சிரிக்கவும் வைக்கும் என்பதால். அப்புறம் ‘யகீன் கா சஃபர்’. ‘அலிஃப்’ கொஞ்சம் நிதானமாகப் போகும், பொறுமை இருக்கிற ஒரு வாரக்கடைசிக்கு எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். ‘சுப் ரஹோ’வை மட்டும் தனியாக, இரவில் பார்க்காதீர்கள், யாராவது பக்கத்தில் இருக்கட்டும்.

இந்தியாவில் இருக்கிறவர்கள், ‘மாம்’ எங்காவது கண்ணில் பட்டால் அதைப் பாருங்கள்.