மினாரி பாட்டியின் மற்ற படங்கள்: எதில் தொடங்குவது?

கேள்வி: மகன் வீட்டில் ‘மினாரி’ படம் பார்த்தேன். பாட்டியாக நடித்தவர் மனதை விட்டுப் போகவில்லை. வயதான பிறகு சினிமாவுக்கு வந்து ஆஸ்கர் வாங்கியவர் என்கிறான் மகன். அப்படித்தானா? அவர் நடித்ததை எல்லாம் வரிசையாகப் பார்க்க ஆசை. பணி ஓய்வு பெற்றுவிட்டேன். இரவில் ஒரு மணி நேரம் எனக்கே எனக்கு. சில நாள் பன்னிரண்டு வயதுப் பேத்தியும் பக்கத்தில் உட்காருவாள். தேடினால் பெயரும் படமும் ஒன்றோடொன்று குழம்புகின்றன. எங்கிருந்து தொடங்கலாம்?
— வாசகி, திருநெல்வேலி

பதில்:

உங்கள் மகன் சொன்னதில் ஆஸ்கர் மட்டும்தான் சரி. 1947இல் பிறந்த யூன் யோ-ஜோங் நடிக்க வந்தது 1966இல், கல்லூரி நாட்களில். டிபிசி என்ற தொலைக்காட்சி நிலையம் பொதுத் தேர்வு வைத்து எடுத்த மூன்றாவது அணியில் அவரும் ஒருவர். அன்று கொரிய நிலையங்கள் நடிகர்களை ஊழியர்களைப் போல அணி அணியாகத் தேர்ந்தெடுத்துப் பயிற்சி கொடுத்து வைத்துக்கொள்ளும். 2021 ஏப்ரலில் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கரை வாங்கும்போது அவருக்கு வயது 73. நடிப்புக்காக அந்த விருதைப் பெற்ற முதல் கொரியர் அவர்தான். ஆசியப் பெண்களில் அவருக்கு முன் வாங்கியவர் ஜப்பானின் மியோஷி உமேகி மட்டுமே, அதுவும் 1957இல் வந்த ‘சயோனாரா’ படத்துக்கு.

பிறகு ஏன் ‘வயதான பின் வந்தவர்’ என்று தோன்றுகிறது? வெளிநாட்டு விழாக்களுக்குப் போன அவருடைய படங்களில் பெரும்பாலானவை 2003க்குப் பிறகு வந்தவை. அதற்கு முந்தைய உழைப்பில் பெரும்பகுதி தொலைக்காட்சித் தொடர்களில் இருக்கிறது. அந்தப் பழைய தொடர்களுக்கு ஆங்கில சப்டைட்டில் கிடைப்பது அரிது. அதனால் வெளியில் இருப்பவர்கள் பார்ப்பது அவருடைய பிற்பாதியை மட்டும்தான்.

‘வரிசையாக’ என்ற ஆசையை மட்டும் கொஞ்சம் தள்ளி வையுங்கள். வருட வரிசையில் போனால் முதலில் வருவது 1971இல் வந்த ‘உமன் ஆஃப் ஃபயர்’. கிம் கி-யோங் இயக்கிய படம். கோழிப்பண்ணை வைத்திருக்கும் ஒரு வீட்டுக்கு வேலைக்கு வரும் கிராமத்துப் பெண், அந்த வீட்டுக்காரரால் கர்ப்பமாகிறாள், கருவைக் கலைக்க வைக்கிறார்கள், பிறகு அவள் பழிவாங்குகிறாள். அலறலும் ரத்தமும் விகாரமான வண்ணமுமாக ஓடும். நல்ல படம்தான், ஆனால் ‘மினாரி’ பார்த்த கையோடு போட்டால் பத்து நிமிடத்தில் நிறுத்திவிடுவீர்கள். பேத்தி பக்கத்தில் இருக்கும்போது வேண்டவே வேண்டாம்.

‘டியர் மை ஃப்ரெண்ட்ஸ்’ தொடரில் தொடங்குங்கள். 2016இல் டிவிஎன் சேனலில் வந்தது, எழுதியவர் நோ ஹீ-கியோங். மொத்தம் 16 எபிசோட், ஒவ்வொன்றும் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேலே. நம் ஊர் சீரியல் போல ஆண்டுக்கணக்கில் இழுக்காது. இரவுக்கு ஒன்று என்றால் பதினாறு இரவில் முடிந்துவிடும். கதை முழுக்க வயதானவர்களின் நட்பு. கிம் ஹே-ஜா, நா மூன்-ஹீ, கோ டூ-ஷிம், பார்க் வோன்-சுக் என்று கொரியத் தொலைக்காட்சியைப் பல பத்தாண்டுகளாகத் தாங்கிய பெண்கள் ஒரே மேசையைச் சுற்றி உட்கார்ந்து சண்டை போடுகிறார்கள். யூன் இதில் கல்யாணமே செய்துகொள்ளாமல் கஃபே நடத்தி, சொந்தக்காரர்களுக்கெல்லாம் படியளக்கும் சுங்-நாம். மற்றவர்கள் அழும் காட்சிகளில் இவரைக் கவனியுங்கள். கண்ணைக் கசக்க மாட்டார். சட்டென்று ஏதாவது சொல்லிவிட்டு எழுந்து போவார். ‘மினாரி’யில் பேரனிடம் சீட்டாட்டமும் வசவும் சொல்லிக்கொடுக்கும் பாட்டியின் வேர் இங்கே தெரியும். முதல் இரண்டு எபிசோடில் பாத்திரங்கள் அதிகமாக வந்து தலை சுற்றும். மூன்றாவதில் எல்லோரும் பிடிபட்டுவிடுவார்கள், அதற்குள் கைவிட்டுவிடாதீர்கள்.

இனி அந்தத் தொலைக்காட்சிக் காலத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். இது தெரியாமல் பிற்காலப் படங்கள் புரியாது. 1971இல் எம்பிசி நிலையத்தின் சரித்திரத் தொடரில் ஜோசோன் அரச வம்சக் காலத்து அரண்மனையின் பேர்போன ஆசைநாயகி ஜாங் ஹீ-பின்னாக நடித்தார். அதே ஆண்டு ‘உமன் ஆஃப் ஃபயர்’ படத்துக்குக் கொரியாவின் ப்ளூ டிராகன் சிறந்த நடிகை விருதும், ஸ்பெயினின் சிட்ஜஸ் திரைப்பட விழாவில் விருதும் கிடைத்தன. உச்சத்தில் இருக்கும்போதே, 1970களின் நடுவில், ஒரு பாடகரைக் கல்யாணம் செய்துகொண்டு அமெரிக்கா போனார். 1984இல் திரும்பினார்; 1987இல் விவாகரத்து; இரண்டு பையன்களை வளர்க்க வேண்டும். விவாகரத்தான பெண்ணை டிவியில் காட்டுவதையே பலர் விரும்பாத காலம் அது. சின்ன வேடம், பெரிய வேடம் என்று பார்க்காமல் சம்பளத்துக்காக நடித்ததை அவரே வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார்.

அந்த நிலையில் இருந்த ஒரு நாற்பது வயது நடிகைக்குச் சினிமா சோறு போட்டிருக்காது. கொரிய சினிமா அன்று அந்த வயதுப் பெண்ணுக்குப் பெரிதாக எதையும் எழுதவில்லை. தொடர்களில் அப்படி இல்லை. ஐம்பது எபிசோடுக்கு மேல் போகும் வார இறுதிக் குடும்பத் தொடரில் குறைந்தது இரண்டு குடும்பம், மூன்று தலைமுறை. ஆக இரண்டு அம்மா, ஒரு பாட்டி, ஓர் அத்தை என்று நாற்பது தாண்டியவர்களுக்கு நாலைந்து இடம் எப்போதும் உண்டு. தொடர் முடியும்வரை வாராவாரம் வேலை, வாராவாரம் கூலி. குறை என்னவென்றால் வேடம் குறுகிவிடும்: சோறு போடும் அம்மா, மருமகளை ஆட்டிவைக்கும் மாமியார். இருபது வருடம் இதையே செய்த பலர் அந்த அச்சிலேயே உறைந்துபோனார்கள்.

யூன் உறையாததற்கு முக்கியமான காரணம் எழுத்தாளர் கிம் சூ-ஹியுன். வேகமாகப் பொரிந்து தள்ளும் நீளமான வசனம் இவருடைய கையெழுத்து. ஒரு சொல்லை மாற்றினாலும் ஏற்க மாட்டார் என்று பெயர். மற்ற தொடர்களில் படப்பிடிப்பு நடக்கும்போதே துண்டுத் தாளில் வசனம் வந்துகொண்டிருக்கும், நடிகர்கள் தோன்றியதைப் பேசிச் சமாளிப்பார்கள். இவரிடம் அது நடக்காது. எழுதியதை எழுதியபடி பேச வேண்டும், அப்படிப் பேசுவது தெரியாமலும் இருக்க வேண்டும். 1987இல் ‘லவ் அண்ட் ஆம்பிஷன்’, 1991–92இல் ‘வாட் இஸ் லவ்’ ஆகிய இரண்டிலும் யூன் இருக்கிறார். இரண்டாவது 55 எபிசோட். கொரியத் தொடர்களில் மிக அதிகமாகப் பார்க்கப்பட்டவற்றில் ஒன்று. 1997இல் சீனாவின் அரசுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகி அங்கே கொரியத் தொடர் மோகத்தைக் கிளப்பியதும் இதுதான். இவற்றைச் சப்டைட்டிலோடு தேடி அலைய வேண்டாம். வார இறுதித் தொடர் எப்படி இருக்கும் என்று ருசி பார்க்க 2012இல் கேபிஎஸ்ஸில் வந்த ‘மை ஹஸ்பண்ட் காட் எ ஃபேமிலி’ போதும். மாமியார் அவர்தான். 58 எபிசோட் முழுக்கப் பார்ப்பது உங்கள் பொறுமையைப் பொறுத்தது. முதல் பத்து பார்த்தாலே வகை பிடிபடும்.

தேடும்போது நேரும் குழப்பங்களுக்கு வருகிறேன். கிம் சூ-ஹியுன் என்ற பெயரில் பிரபலமான இளம் நடிகர் ஒருவர் இருக்கிறார்; தேடினால் முதலில் வருவது அவர்தான், எழுத்தாளர் அல்ல. ‘உமன் ஆஃப் ஃபயர்’ கதையை அதே இயக்குநர் 1982இல் மறுபடி எடுத்தார். அதில் யூன் இல்லை. ‘தி ஹவுஸ்மெய்ட்’ என்ற பெயரில் 1960இல் ஒன்று, 2010இல் ஒன்று. யூன் நடித்தது 2010 படம். யூன் என்பது குடும்பப் பெயர், முன்னால் வரும். ஆங்கிலத்தில் இந்தப் பெயரைப் பலர் பலவிதமாக எழுதுகிறார்கள். ஆகவே நடிகையின் பெயரைத் தட்டாமல் படத்தின் பெயரையும் வருடத்தையும் சேர்த்துத் தட்டுங்கள். ஓடிடி தளங்கள் உரிமத்தைச் சில ஆண்டுகளுக்கு வாங்குவதால் போன வருடம் இருந்த படம் இந்த வருடம் காணாமல் போகும். பழைய படங்களுக்குக் கொரியத் திரைப்பட ஆவணக் காப்பகம் யூடியூபில் நடத்தும் சேனலை முதலில் பாருங்கள். இலவசம், ஆங்கில சப்டைட்டிலும் உண்டு.

பேத்தி உட்காரும் நாட்களுக்கு ‘யூன்ஸ் கிச்சன்’. 2017இல் வந்த நிகழ்ச்சி, கதை கிடையாது. இந்தோனேசியாவின் கிலி திராவங்கான் தீவில் யூன் சமையல்காரர், லீ சோ-ஜின், ஜங் யூ-மி, ஷின் கூ உதவிக்கு. சின்னக் கொரிய உணவகம் ஒன்றை நடத்துகிறார்கள். திறந்த மறுநாளே கடையை இடிக்க வேண்டிவந்து வேறு இடத்துக்கு மாறுகிறார்கள். நிஜமாகவே பதறுகிறார், நிஜமாகவே கோபப்படுகிறார். ஒரு நடிகையின் இயல்பான பேச்சு எது, வேடத்துக்கான பேச்சு எது என்று பிரித்துப் பார்க்க இதைவிட நல்ல வழி இல்லை. இரண்டாவது சீசன் ஸ்பெயினின் டெனரீஃப் தீவில். அடுத்து 2016இல் வந்த ‘கனோலா’: ஜேஜு தீவில் கடலில் மூழ்கிச் சிப்பி எடுக்கும் பாட்டி, தொலைந்துபோய்ப் பன்னிரண்டு வருடம் கழித்து வரும் பேத்தி. கண்ணீர் கொஞ்சம் தூக்கல்தான். நகரத்தில் அந்தப் பெண் சிக்கியிருந்த சூழல் கரடுமுரடானது; நீங்கள் முதலில் தனியாகப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

தனியாக இருக்கும் இரவுகளுக்கு இரண்டு படங்களை அடுத்தடுத்துப் போடுங்கள்: 1971 ‘உமன் ஆஃப் ஃபயர்’, 2010 ‘தி ஹவுஸ்மெய்ட்’. முதலில் சொன்ன 1960 படத்தின் கதையிலிருந்து கிளைத்தவைதான் இரண்டும். முன்னதில் இருபதுகளில் இருந்த யூன் வேலைக்காரப் பெண். பின்னதில் இம் சாங்-சூ இயக்கத்தில் அந்த வேடம் ஜியோன் டோ-யோனுக்குப் போக, யூன் அதே பணக்கார வீட்டில் பல வருடம் ஊறிப்போன மூத்த வேலைக்காரி. எல்லாம் தெரியும், எதையும் சொல்லாதவள். முதலாளிக்கு முன் குனிந்துவிட்டுத் திரும்பியதும் முகத்தில் வரும் அருவருப்பு ஒன்று போதும். இதற்குத் துணை நடிகை விருதுகளை அள்ளினார். அவரை நீண்ட இடைவெளிக்குப் பின் சினிமாவுக்கு இழுத்துவந்ததும் இம் சாங்-சூதான், 2003இல் ‘எ குட் லாயர்ஸ் வைஃப்’ வழியாக. கணவர் சாகக் கிடக்க, தனக்கு ஒருவர் இருக்கிறார் என்று மகனிடம் சொல்லும் தாய். டிவி மாமியாருக்கு யாரும் எழுதத் துணியாத வேடம். 2012இல் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் இருந்த இரண்டு கொரியப் படங்களிலும் (இம் சாங்-சூவின் ‘தி டேஸ்ட் ஆஃப் மணி’, ஹாங் சாங்-சூவின் ‘இன் அனதர் கன்ட்ரி’) அவர் இருந்தார்.

‘தி பாக்கஸ் லேடி’ (2016) இவற்றிலெல்லாம் கனமானது. சியோலின் பூங்காவில் பாக்கஸ் என்ற ஊக்க பானப் புட்டிகளோடு கிழவர்களை அணுகும் 65 வயதுப் பாலியல் தொழிலாளி. உடல் காட்சியைவிட வறுமையும் முதுமையும்தான் படம். ஆனாலும் இதுவும் இம் சாங்-சூ படங்களும் பெரியவர்களுக்கு மட்டும். கொரிய ஒளிபரப்பில் திரை மூலையில் மஞ்சள் வட்டத்துக்குள் வயது எண் வரும். 19 என்று கண்டால் பேத்தியைத் தூங்க அனுப்பிவிடலாம். 15 என்றால் நீங்கள் யோசிக்க வேண்டும்.

கடைசியாக ‘பச்சிங்கோ’, ஆப்பிள் டிவியில். 2022, 2024 என இரண்டு சீசன், எட்டெட்டு எபிசோட், ஒவ்வொன்றும் ஏறக்குறைய உங்கள் ஒரு மணி நேரம். ஜப்பானில் வாழ்ந்து முதுமையடைந்த கொரியப் பெண் சுன்ஜா அவர். இளமைக் கால சுன்ஜா கிம் மின்-ஹா. காலம் முன்னும் பின்னும் தாவும். சப்டைட்டிலின் நிறத்தைப் பாருங்கள்: கொரிய மொழிக்கு மஞ்சள், ஜப்பானிய மொழிக்கு நீலம். ஒரே வாக்கியத்தில் இரண்டும் கலந்தால் எழுத்தும் இரண்டு நிறமாகும். யாரிடம் எந்த மொழியில் பேசுகிறாள் என்பதில்தான் பாதிக் கதை இருக்கிறது, அதனால் ஆங்கில டப்பிங்கைத் தொடாமல் மூல ஒலியிலேயே வைத்துக்கொள்ளுங்கள்.